கிராமி பட்டியலை ஆண்டு வரிசையில் கேட்காதீர்கள்

நான் மெய்ப்புத் திருத்துபவன். பொடி எழுத்தைப் படிப்பதுதான் பிழைப்பு. குறுந்தட்டு வாங்கினால்கூடப் பாட்டைப் போடுவதற்கு முன், பாடியவர், வாசித்தவர் பெயர்கள் அச்சான உள்தாளைப் படித்துவிடுவேன். இங்கே சொல்லப்போகும் வழி அந்தப் பழக்கத்திலிருந்து வந்தது.

ரிதம் அண்ட் புளூஸ், சுருக்கமாக ஆர் அண்ட் பி, அமெரிக்கக் கறுப்பின மக்களிடையே பிறந்த இசை. அதில் சிறந்த ஆல்பத்துக்கு அமெரிக்க இசை விருதான கிராமியை 1995ஆம் ஆண்டிலிருந்து கொடுக்கிறார்கள். முதலில் பெற்றது பாய்ஸ் டு மென் குழு. இந்த இசைக்குப் புதியவர்கள் பெரும்பாலும் அங்கே தொடங்கி ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டு வருவார்கள். நானும் அப்படித்தான் தொடங்கினேன். மூன்றாவது ஆல்பத்தில் அலுத்துப்போய் விட்டுவிட்டேன். நான்காவது பாடகி எரிகா படூவுடையது என்பது பிறகுதான் தெரிந்தது. இன்றும் அதை நினைத்தால் வயிற்றெரிச்சல்தான்.

ஆகவே ஆண்டை விட்டுவிடுங்கள். ஓர் ஆல்பத்தின் உள்தாளில் உள்ள பெயரைப் பிடித்துக்கொண்டு அடுத்த ஆல்பத்துக்குப் போங்கள். 1999இல் வென்ற, பாடகி லாரின் ஹில்லின் ‘தி மிஸ்எஜுகேஷன் ஆஃப் லாரின் ஹில்’ நல்ல தொடக்கம். அந்த ஆண்டின் மொத்தப் போட்டியிலும் சிறந்த ஆல்பமாகத் தேர்வானது அதுதான். பள்ளிக்கூட மணி அடிக்கும். ஆசிரியர் வருகைப் பதிவெடுப்பார். லாரின் ஹில் என்று அழைப்பார், பதில் வராது. இந்த இடைத் துணுக்குகளைத் தாண்டிவிடாதீர்கள். ‘நத்திங் ஈவன் மேட்டர்ஸ்’ பாட்டில் ஓர் ஆண் குரல் கூடவே வரும். யாரென்று தாளில் பாருங்கள். பாடகர் டி ஏஞ்சலோ.

அடுத்து அவருடைய ‘வூடூ’, 2001இன் விருது. இங்கே சற்று நேரம் எடுத்துக்கொள்ளுங்கள். நண்பர் ஒருவர் கேசட்டில் பதிந்து கொடுத்திருந்தார். போட்டதும் என் டேப் ரெக்கார்டரின் பெல்ட் தளர்ந்துவிட்டது என்றே நினைத்தேன். மூடியைக் கழற்றியும் பார்த்தேன். பெல்ட் சரியாகத்தான் இருந்தது. வாசித்தவர்கள்தான் வேண்டுமென்றே பின்தங்கி வாசித்திருக்கிறார்கள். முதல் பாட்டை நல்ல ஹெட்போனில் போட்டு, தொடையில் சீராகத் தட்டுங்கள். டிரம்மை மட்டும் ஒருமுறை கேளுங்கள். மறுமுறை பினோ பல்லடினோவின், தாழ்ந்த சுருதியில் ஒலிக்கும் பேஸ் கிதாரை மட்டும். டிரம் விழுந்த பிறகு, பந்திக்குத் தாமதமாக வந்தவர் அவசரமில்லாமல் இலை முன் உட்காருவதுபோல, பேஸ் வந்து உட்காரும். தாளம் போட்டுப் பழகிய கைக்கு இது முதலில் எரிச்சலூட்டும். மூன்றாம் முறை கை தானாகவே தளர்ந்துவிடும்.

அந்த டிரம்மர் பெயர் குவெஸ்ட்லவ். அவருடைய ரூட்ஸ் குழு எரிகா படூவின் ‘படூயிஸம்’ ஆல்பத்திலும் இருக்கிறது, ‘அதர்சைட் ஆஃப் தி கேம்’ பாட்டில். ஆம், நான் கோட்டைவிட்ட அதே நான்காவது ஆல்பம். படூவைப் பிடித்துக்கொண்டு போனால் ஜாஸ் பியானோக்காரர் ராபர்ட் கிளாஸ்பரின் ‘பிளாக் ரேடியோ’ வரும், 2013இல் வென்றது. ஜாஸ் பிடிக்காதவர்கள் இதைப் பாதியில் நிறுத்தினால் குற்றமில்லை, ஆனால் பாடகி லேலா ஹாத்தவே பாடியிருப்பதை மட்டும் கேட்டுவிட்டு நிறுத்துங்கள். அந்தக் கனத்த குரலுக்காக நான் அந்தத் தட்டை எத்தனை முறை போட்டிருப்பேன் என்று கணக்கில்லை. அவர் இழுக்கும் சங்கதிகளைக் கமகத்தோடு ஒப்பிட்டு மார்க் போடவேண்டாம். அது வேறு கணக்கு.

இரண்டு எச்சரிக்கைகள். பட்டியலில் இருப்பது விழா நடந்த ஆண்டு, ஆல்பம் வந்த ஆண்டு அல்ல. டி ஏஞ்சலோவின் ‘பிளாக் மெசையா’ 2014 டிசம்பரில் வந்தது, விருது 2016இல். வந்த ஆண்டை வைத்துத் தேடினால் கிடைக்காது. மற்றொன்று, இந்த விருதுக்குப் பங்காளி ஒன்று உண்டு. 2013இல் அர்பன் கன்டெம்பரரி என்ற பெயரில் வந்து, 2021இலிருந்து புரோகிரசிவ் ஆர் அண்ட் பி ஆகிவிட்டது. ஃபிராங்க் ஓஷன், பியான்சே எல்லாம் அந்தப் பக்கம் வென்றிருக்கிறார்கள். எது எந்தப் பக்கம் போகும் என்பதில் எனக்கு நியாயம் பிடிபட்டதில்லை. இரண்டையும் சேர்த்தே பாருங்கள். செயலிகளில் கலைஞர்களின் விவரம் அரைகுறையாகத்தான் வரும். பழைய குறுந்தட்டு கிடைத்தால் உள்தாளுக்காகவே வாங்கலாம்.

லேலாவிடம் திரும்புவோம். 2017இல் வென்ற அவருடைய ‘லைவ்’ ஆல்பம் வெஸ்ட் ஹாலிவுட்டில் உள்ள ட்ரூபடோர் என்ற சிறிய அரங்கில் பதிவானது. அவர் தந்தை டானி ஹாத்தவே, 1972இல் வெளிவந்த தம்முடைய ‘லைவ்’ ஆல்பத்தின் முதல் பக்கத்தைப் பதிந்ததும் அதே அரங்கில்தான். அப்போது இப்படி ஒரு விருதே கிடையாது. மகளுடையதை முடித்த கையோடு அந்தப் பக்கத்தையும் போடுங்கள். ‘யூவ் காட் எ ஃபிரெண்ட்’ பாட்டில் ஓரிடத்தில் கூட்டம் தானாகவே பாடத் தொடங்கிவிடும். டானி விட்டுக்கொடுத்துவிட்டு வாசித்துக்கொண்டிருப்பார். அங்கே ஒலியைச் சற்றுக் கூட்டி வையுங்கள்.