பெண்கள் கால்பந்தில் பேக் ஆடிப் பிழைப்பது எப்படி: நெல்லைச் சீமைப் பிள்ளைகளுக்கும் பெற்றோருக்கும்

பாளையங்கோட்டையில் நான் பயிற்சி கொடுக்கும் மைதானத்துக்குப் புதிதாக வரும் பிள்ளைகளிடம் எந்த இடத்தில் ஆட விருப்பம் என்று கேட்டால், ஏறத்தாழ எல்லோருமே கோல் அடிக்கும் இடத்தைத்தான் சொல்வார்கள். பேக், அதாவது பின்களத்தில் நின்று எதிரணியைத் தடுக்கும் இடத்தில், ஆட வேண்டும் என்று தானாக வந்து கேட்ட பிள்ளையை இத்தனை ஆண்டுகளில் இரண்டு முறைதான் பார்த்திருக்கிறேன். மிச்சப்பட்டவர்களைப் பின்னால் நிறுத்துவது பள்ளி அணிகளில் வழக்கமாகிவிட்டதால், ஓடத் தெரியாதவர்களுக்கு ஒதுக்கிய இடம் அது என்ற எண்ணம் பெற்றோரிடமும் படிந்துவிட்டது. ஆனால் தொழிலாக ஆடுவோரின் உலகத்தில் கணக்கு வேறு. இங்கிலாந்தின் லூசி பிரான்ஸ் (Lucy Bronze) 2019-இல் ஐரோப்பாவின் சிறந்த வீராங்கனை விருதைப் பெற்றபோது, அந்த விருதைத் தொட்ட முதல் தடுப்பாட்டக்காரர் அவர்தான். இந்தியாவுக்காக 100 சர்வதேச ஆட்டங்களை எட்டிய முதல் பெண்ணான மணிப்பூரின் ஆஷாலதா தேவியும் ஸ்டாப்பர் எனப்படும் நடுப் பேக் இடத்தில் ஆடுபவர்தான். நல்ல பேக் கிடைப்பது அரிது என்பதால், கிடைத்தவரை அணிகள் எளிதில் விடுவதில்லை.

யாரைத் தேர்ந்தெடுப்பது என்பதில் நம் ஊரில் நடக்கும் முதல் தவறு உயரத்தைப் பார்ப்பது. பிரான்சின் வென்டி ரெனார் 1.87 மீட்டர் உயரம் என்பதும், அந்த உயரம் அவருக்குக் கைகொடுத்தது என்பதும் உண்மையே. ஆனால் பன்னிரண்டு வயதில் நெடுநெடுவென்று நிற்கும் பிள்ளை பதினாறு வயதில் அதே வரிசையில் முதலாவதாக நிற்பாள் என்பதற்கு எந்த உறுதியும் இல்லை. நான் பார்ப்பது வேறு இரண்டு. பந்து எதிர்ப்பக்கம் இருக்கும்போது தலையைத் திருப்பித் தன் முதுகுப்பக்கம் யார் நிற்கிறார்கள் என்று பார்க்கிறாளா. பார்த்ததை வாய் திறந்து சத்தமாகச் சொல்கிறாளா. 'சத்தம் போடாதே' என்று வீட்டில் வளர்த்த பிள்ளையை மைதானத்தில் சத்தம் போட வைப்பதற்கு ஓராண்டு ஆகிவிடும். பதினான்கு வயதுவரை எல்லா இடத்திலும் ஆடவிட்டு, அதற்குப் பிறகு பின்களத்தில் நிலைநிறுத்துவதே சரி என்பது என் கருத்து. ஃபார்வர்டாக, அதாவது கோல் அடிக்கும் இடத்தில், ஆடிப் பார்த்தவளுக்குத்தான் ஃபார்வர்டின் திருட்டுத்தனம் தெரியும்.

இனி ஆட்டத்துக்கு வருவோம். தடுப்பாட்டம் என்றதும் எல்லோர் நினைவிலும் வருவது சறுக்கிப் போடும் டேக்ளிங். நான் முதல் ஆறு மாதம் அதைத் தடை செய்துவிடுவேன். எனக்குக் கற்றுக் கொடுத்தவர், நான் ஒவ்வொரு முறை காலை நீட்டும்போதும் கரையிலிருந்து கத்துவார்: "ஏட்டி, நீ விழுந்து எந்திரிக்கதுக்குள்ள அவ கோல் போட்டுட்டுப் போயிருவா. நில்லு!" அந்த 'நில்லு' என்ற சொல்லுக்குள் இந்த இடத்தின் பாடம் பெரும்பாலும் அடங்கியிருக்கிறது. பந்தோடு வருபவளை நோக்கி முதலில் வேகமாக ஓடி, இரண்டு கை நீளத் தூரம் இருக்கும்போது வேகத்தைக் குறைத்து, முழங்காலை மடக்கி, நேருக்கு நேராக அல்லாமல் ஒருக்களித்து நிற்க வேண்டும். நேராக நின்றால் பந்து கால்களுக்கு இடையே போய்விடும். ஒருக்களித்து நின்றால் அவள் போக வேண்டிய பக்கத்தை நாமே தீர்மானிக்கிறோம். பெரும்பாலான நேரங்களில் அது ஓரக்கோட்டின் பக்கமாக இருக்க வேண்டும், ஏனெனில் அந்தச் சுண்ணாம்புக் கோடு நமக்காக ஆடும் இன்னொரு ஆள். கண் அவளுடைய தோளையோ முகத்தையோ பார்க்கக் கூடாது. பந்தை மட்டுமே பார்க்க வேண்டும். பந்து அவள் காலைவிட்டு ஒரு முழம் விலகும் கணம் ஒன்று வரும். அப்போது கால் போக வேண்டும். அதற்கு முன்னால் போகக் கூடாது.

இதற்கு ஒரு பயிற்சி உண்டு. பத்து மீட்டர் அகலத்தில் இரண்டு கோடுகள் போட்டு ஒரு சந்து போல ஆக்கி, தடுப்பவள் இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கோத்துக்கொள்ள வேண்டும். அவள் பந்தைப் பறிக்கவே கூடாது. எட்டு எண்ணும்வரை எதிராளியைக் கடைசிக் கோட்டைத் தாண்டவிடாமல் பின்வாங்கிக்கொண்டே இருந்தால் போதும், புள்ளி அவளுக்கு. முதல் நாள் எரிச்சலில் அழுத பிள்ளைகள் உண்டு. மூன்றாவது வாரம் பார்த்தால், எதிரே வருபவள்தான் பொறுமை இழந்து பந்தைத் தானே வெளியே தள்ளிக்கொண்டிருப்பாள்.

நம் சீமைக்கே உரிய பாடம் காற்று. வள்ளியூர், பணகுடி, ராதாபுரம் பக்கம் ஆனி ஆடியில் ஆடியவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. காற்றாலைகளைச் சுழற்றும் அதே காற்றுதான் பந்தையும் சுழற்றுகிறது. எதிரணிக்கு முதுகுக் காற்றாக இருக்கும்போது அவர்கள் தூக்கி அடிக்கும் பந்து நாம் எதிர்பார்த்த இடத்தைத் தாண்டிப் போய் விழும். ஆகவே வழக்கத்தைவிட மூன்று நான்கு அடி பின்னால் நின்று தொடங்க வேண்டும். அவர்கள் காற்றை எதிர்த்து அடித்தாலோ பந்து மேலே போய் நின்று, நமக்கு முன்னாலேயே செத்து விழும். அப்போது அவசரப்பட்டுப் பின்வாங்கியவளுக்கும் பந்துக்கும் நடுவே ஃபார்வர்டு வந்து நின்றுவிடுவாள். டாஸ் போடுவதற்கு முன்பே ஒரு கைப்பிடி மண்ணை எடுத்துத் தூவிப் பார்க்கும் பழக்கம் எனக்கு இன்றும் உண்டு. உவரி, இடிந்தகரை போன்ற கடற்கரை ஊர்களிலிருந்து வரும் பிள்ளைகளுக்கு இந்தக் கணக்கைச் சொல்லிக் கொடுக்கவே வேண்டியதில்லை. மணலில் ஓடிப் பழகிய அவர்களுடைய கெண்டைக்காலைப் பார்த்து எனக்குப் பொறாமையாகவும் இருக்கும்.

சட்டம் தெரியாத பேக் தன் அணிக்குப் பாரம். ஆஃப்சைடு பொறி வைக்க, அதாவது பேக்குகள் ஒன்றாக முன்னேறி எதிரணி ஃபார்வர்டை விதிக்குப் புறம்பான இடத்தில் சிக்க வைக்க, எல்லோருக்கும் ஆசை. ஆனால் த்ரோ-இன், கார்னர், கோல் கிக் ஆகிய மூன்றிலிருந்து நேரடியாக வரும் பந்துக்கு ஆஃப்சைடு கிடையாது என்பதை மறந்து, எதிரணி த்ரோ எறியும்போது கையைத் தூக்கிக்கொண்டு முன்னேறிய அணியை நான் மண்டலப் போட்டியிலேயே பார்த்திருக்கிறேன். அதேபோல் உறுதியான கோல் வாய்ப்பைத் தவறான ஆட்டத்தால் கெடுத்தால் சிவப்பு அட்டை. ஆனால் அது பெனால்டிப் பகுதிக்குள், பந்தை ஆட முயன்றபோது நேர்ந்த தவறாக இருந்தால், பெனால்டியோடு மஞ்சள் அட்டை மட்டுமே என்று 2016-இல் விதி மாறியது. பிடித்து இழுத்தாலோ தள்ளினாலோ அந்தச் சலுகை இல்லை. எனவே கடைசி ஆளாக ஓடும்போது சட்டையைப் பிடிக்கும் கை நம் அணியைப் பத்துப் பேராக்கிவிடும்.

உடம்பைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லியாக வேண்டும், ஏனெனில் எங்கள் தலைமுறைக்கு இதை யாரும் சொல்லவில்லை. முழங்காலின் நடுவே உள்ள முன்புற சிலுவைத் தசைநார், ஏ.சி.எல். என்று எல்லோரும் சொல்வது, ஆண்களைவிடப் பெண் வீரர்களுக்குப் பல மடங்கு அதிகமாகக் கிழிகிறது. பெரும்பாலும் அது மோதலில் கிழிவதில்லை. குதித்து இறங்கும்போதோ சட்டென்று திரும்பும்போதோ முழங்கால் உள்பக்கமாக மடிவதால் கிழிகிறது. பேக்கின் வேலையே திரும்புவதும் குதிப்பதும்தான். இது போன்ற காயங்களைக் குறைப்பதற்கென்றே உலகக் கால்பந்துக் கூட்டமைப்பான ஃபிஃபா '11+' என்ற உடல் சூடேற்றும் பயிற்சித் திட்டத்தை வெளியிட்டிருக்கிறது. சுமார் 20 நிமிடம் பிடிக்கும், ஒரு பந்தைத் தவிர வேறு கருவி வேண்டாம். மைதானத்தை இரண்டு சுற்று ஓடிவிட்டு ஆட்டத்தில் இறங்கும் பழக்கத்தை விட்டு, இதை வாரத்துக்கு இரண்டு மூன்று முறையாவது ஒழுங்காகச் செய்ய வேண்டும். இறங்கும்போது முழங்கால் கால்விரல்களுக்கு நேராக இருக்கிறதா என்பதைத் தோழி ஒருத்தி எதிரே நின்று பார்த்துச் சொன்னால் போதும். பூட் வாங்கும்போதும் கவனம் தேவை. நம் செம்மண் மைதானங்கள் கோடையில் பாறையாகிவிடும். அடிப்பகுதியில் நீண்ட ஸ்டட் (குமிழ்) உள்ள பூட் அங்கே ஒன்று வழுக்கும், இல்லையென்றால் பிடித்துக்கொண்டு காலைத் திரும்பவிடாது. குட்டையான, எண்ணிக்கை அதிகமுள்ள ரப்பர் ஸ்டட் நல்லது. சாப்பாட்டில் பெரிய ரகசியம் ஒன்றும் இல்லை: முட்டை, சுண்டல், சாளை மீன், முருங்கைக்கீரை. மாதவிடாய் அதிகமாகப் போகும் பிள்ளை எப்போதும் சோர்ந்திருந்தால் 'சோம்பேறி' என்று திட்டாமல் ரத்தத்தில் ஹீமோகுளோபின் அளவைப் பார்க்க வேண்டும். மாதவிடாய் மாதக்கணக்கில் நின்றுபோனால் அது கடும் பயிற்சிக்கு ஏற்ற உணவு இல்லை என்பதன் அடையாளமாக இருக்கலாம் என்பதால் மருத்துவரிடம் போகத் தயங்கக் கூடாது.

போட்டிகளின் ஏணி ஓரளவு எல்லோருக்கும் தெரிந்ததே. பள்ளியில் குறுவட்டப் போட்டியில் தொடங்கி மாவட்டம், மண்டலம், மாநிலம் என்று போகும் பாரதியார் தின, குடியரசு தினப் போட்டிகள், முதலமைச்சர் கோப்பை, 17 வயதுக்குட்பட்ட பெண்களுக்கான சுப்ரோதோ கோப்பை, கல்லூரிக்குப் போனால் பல்கலைக்கழகங்களுக்கிடையிலான போட்டி. மாநில அணியில் இடம் பிடித்தால் ராஜமாதா ஜீஜாபாய் கோப்பைக்கான தேசியப் போட்டியில் ஆடலாம். அதைத் தமிழ்நாட்டுப் பெண்கள் 2018-இலும் 2023-இலும் வென்றிருக்கிறார்கள். அதற்கு மேலே 2017-இல் தொடங்கிய இந்திய மகளிர் லீக். நம்மிடமிருந்து மூன்று மணி நேரப் பயணத்தில் இருக்கும் மதுரையின் சேது எஃப்.சி. 2019-இல் அந்தப் பட்டத்தை வென்றது. டிரையல்ஸுக்கு, அதாவது அணிகளின் ஆள் தேர்வுக்கு, போகும்போது வீடியோ கேட்டால், வெட்டி ஒட்டிய மூன்று நிமிடப் படத்தை மட்டும் கொடுக்காதீர்கள். ஃபார்வர்டுக்கு அது சரி. பேக்கின் திறமை பந்து இல்லாதபோது எங்கே நிற்கிறாள் என்பதில் இருப்பதால், கேமரா உயரத்தில் வைத்து எடுத்த முழு ஆட்டம் ஒன்றைக் கொடுக்க வேண்டும். பிறந்த ஓராண்டுக்குள் பதிவு செய்த பிறப்புச் சான்றிதழ் கையில் இருந்தால் வயதைப் பற்றிய கேள்விகள் பாதி குறையும்.

ஒப்பந்தம் வரும்போது பிள்ளைகளும் பெற்றோரும் மகிழ்ச்சியில் எதையும் படிப்பதில்லை. நானும் படிக்கவில்லை. வெளியூர் அணி ஒன்றில் நான்கு மாதம் ஆடினேன். இரண்டு மாதச் சம்பளம் வந்தது, மீதி வரவில்லை. கேட்கப் போனபோது என்னிடம் ஒப்பந்தத்தின் நகல்கூட இல்லை. ஆகவே, கையெழுத்துப் போட்ட அன்றே இரு தரப்பும் ஒப்பமிட்ட நகல் ஒன்றைக் கையில் வாங்காமல் அறையைவிட்டு வெளியே வரக் கூடாது. சம்பளம் எத்தனை மாதத்துக்கு, எந்தத் தேதியில், வங்கிக் கணக்கிலா. காயம்பட்டால் அறுவை சிகிச்சைச் செலவு யாருடையது, ஆடாத மாதங்களுக்குச் சம்பளம் உண்டா. தங்குமிடம், சாப்பாடு, ரயில் செலவு யார் பொறுப்பு. அணி மாற விரும்பினால் தடையில்லாச் சான்று எப்போது தருவார்கள் ஆகியவை எழுத்தில் இருக்க வேண்டும். ஃபிஃபா விதிப்படி ஒப்பந்தம் ஐந்தாண்டுக்கு மேல் போகக் கூடாது. 18 வயது நிறையாதவர்களுக்கு மூன்றாண்டுதான் உச்ச வரம்பு. இரண்டு மாதச் சம்பளம் நிலுவையாகிவிட்டால், 15 நாள் அவகாசம் கொடுத்து எழுத்தில் அறிவித்துவிட்டு, அப்போதும் தராவிட்டால் ஒப்பந்தத்தை முறிக்க நியாயமான காரணம் உண்டு என்கிறது அந்த விதி. 2021 முதல் தாய்மை விடுப்பாகக் குறைந்தது 14 வாரம், மூன்றில் இரண்டு பங்கு சம்பளத்தோடு தர வேண்டும் என்பதும் அதே விதித்தொகுப்பில் இருக்கிறது. கல்யாணம் ஆனதும் ஆட்டம் முடிந்தது என்று நினைக்கும் வீடுகளில் இதைச் சத்தமாகப் படித்துக் காட்டலாம்.

லீக் ஆண்டில் சில மாதங்களே நடக்கிறது என்பதால், இந்தியாவில் பெரும்பாலான வீராங்கனைகளுக்கு அரசு வேலைதான் முதுகெலும்பு. இந்திய அணியின் நடுக்கள வீராங்கனையான கடலூரின் இந்துமதி கதிரேசன் தமிழ்நாடு காவல்துறையில் உதவி ஆய்வாளர். தமிழக அரசுப் பணிகளில் சாதனை படைத்த விளையாட்டு வீரர்களுக்கு 3 விழுக்காடு ஒதுக்கீடு உண்டு. ரயில்வேயும் துணை ராணுவப் படைகளும் தனியே ஆள் எடுக்கின்றன. ஆகவே பட்டப்படிப்பை எந்தக் காரணத்துக்காகவும் விடக் கூடாது. கடைசியாக ஒன்று: மாநில அணிக்கோ பல்கலைக்கழக அணிக்கோ ஆடிவிட்டு வந்த அதே மாதத்தில், விளையாட்டு ஒதுக்கீட்டுக்குரிய படிவத்தில் உரியவரின் கையெழுத்தையும் முத்திரையையும் வாங்கிவிட வேண்டும். என் மாணவி ஒருத்தி 'பிறகு பார்த்துக்கொள்ளலாம்' என்று விட்டுவிட்டாள். பொறுப்பில் இருந்தவர் மாறிவிட, ஒரு கையெழுத்துக்காக இரண்டு ஆண்டு அலைந்தாள். அது கிடைத்தபோது அவள் விண்ணப்பிக்க நினைத்த வேலைக்கு வயது வரம்பு கடந்துவிட்டது. இப்போது என் மைதானத்தில், வெளியூர்ப் போட்டிக்குப் போகும் பையில் ஷின் கார்டுக்கு (முன்னங்கால் காப்பு) அடுத்ததாக நிரப்பாத படிவம் இரண்டு பிரதி இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் பிள்ளைகளைப் பேருந்தில் ஏற்றுகிறேன்.