தடுப்புக் காவல் மனு: புதிதாக வருபவர்கள் செய்யும் தவறுகள்

போன மாதம் தென் ஆப்பிரிக்காவின் டர்பனில், சாட்ஸ்வர்த் பகுதியில் சட்ட உதவிக்கு வரும் இளையவர்களுக்கு ஒரு சனிக்கிழமை வகுப்பு எடுத்தேன். பயிற்சிக்கு ஒரு கற்பனை வழக்கு: நெருக்கடி நிலை அறிவித்திருக்கிறார்கள், குற்றச்சாட்டு எதுவும் இல்லாமல் ஒரு பையனை அடைத்து வைத்திருக்கிறார்கள், அவனை விடச் சொல்லி நீதிமன்றத்துக்கு மனு எழுதுங்கள் என்றேன். பதினொரு பேர் எழுதினார்கள். ஒன்பது மனுக்களில், 1985-ல் நான் செய்த அதே தவறு. அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

வக்கீலைக் கூப்பிடுங்கள், படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள் என்பதெல்லாம் எல்லோருக்கும் தெரியும். அவற்றை விட்டுவிடுகிறேன்.

நல்ல பிள்ளை என்று நிரூபிக்கக் கிளம்புவது

"மனுதாரரின் மகன் நல்ல குடும்பத்துப் பையன், தைப்பூசத்துக்குக் காவடி எடுப்பவன், கெட்ட சகவாசம் இல்லாதவன்." ஒன்பது பேரும் இப்படித்தான் ஆரம்பித்தார்கள்.

செய்த குற்றத்துக்காகப் பிடிப்பது ஒன்று. இனி ஏதாவது செய்துவிடுவார் என்று பிடிப்பது வேறு. அதுதான் தடுப்புக் காவல். நாளைக்கு நான் ஒன்றும் செய்யமாட்டேன் என்பதை இன்றைக்கு யாரால் நிரூபிக்க முடியும்? அந்தப் பொறுப்பு நம்முடையதே அல்ல. பிடித்தவர்தான் ஏன் பிடித்தோம் என்று சொல்லியாக வேண்டும். நாமாகவே அந்தச் சுமையைத் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும்.

அப்போது டர்பனில் ஒரு வக்கீல் ஆபீசில் டைப்பிஸ்ட்டாக இருந்தேன். எங்கள் தெருப் பையன் ஒருவனை 1982-ம் ஆண்டு உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தின் 29-ம் பிரிவில் பிடித்துக்கொண்டு போனார்கள். வக்கீல், குடும்பம் யாரையும் பார்க்கவிடாமல் விசாரணைக்கென்று வைத்திருக்கும் பிரிவு அது. அவன் அம்மா வாரா வாரம் ஐஸ்கிரீம் டப்பாவில் சோறு கட்டிக்கொண்டு போவார். சோற்றைத் திருப்பிவிட்டு அழுக்குத் துணிப் பையை மட்டும் கொடுப்பார்கள். வீட்டுக்கு வந்ததும் ஒவ்வொரு சட்டையாக ஜன்னல் வெளிச்சத்தில் விரித்து, ரத்தக் கறை இருக்கிறதா என்று காலரைத் தடவித் தடவிப் பார்ப்பார். பயப்படக் காரணம் இருந்தது. 1971-ல் போலீஸ் காவலில் இறந்த நிறவெறி எதிர்ப்புப் போராளி அகமது திமோலின் சாவைத் தற்கொலை என்றே எழுதி மூடியிருந்தார்கள். அது கொலைதான் என்று நீதிமன்றம் சொல்ல 2017 வரை ஆனது.

வக்கீல் வெளியூர் போயிருந்தார். அந்த அம்மா சொல்லச் சொல்ல நானே ஒரு பிரமாணப் பத்திரம் டைப் செய்தேன். பையன் ஒழுங்கானவன் என்று காட்ட வேண்டுமே என்று, பிடிபட்ட இரவு அவன் யார் வீட்டுச் சமையலறையில், யார் யாரோடு உட்கார்ந்து படித்துக்கொண்டிருந்தான் என்று பெயர் போட்டு எழுதினேன். நான்கு பெயர்கள். வக்கீல் வரும் வரை பொறுக்காமல் போலீசிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். அடுத்த வாரம் அந்த நால்வரில் இருவரைக் கூட்டிக்கொண்டு போனார்கள். ஒருத்தி அந்த வருடப் பரீட்சையே எழுதவில்லை. பையனும் வெளியே வரவில்லை.

இத்தனைக்கும் அதே டர்பனில், அதே ஆண்டு செப்டம்பரில் வழி திறந்திருந்தது. டியாகோனியா என்ற தேவாலயக் கூட்டமைப்பின் பேடி கியர்னியை இதே 29-ம் பிரிவில் பிடித்தபோது, பேராயர் டெனிஸ் ஹர்லியும் கியர்னியின் மனைவியும் நீதிமன்றம் போனார்கள். போலீஸ் அதிகாரிக்கு 'நம்பக் காரணம் இருந்தால்' பிடிக்கலாம் என்பது சட்டம். நம்புகிறேன் என்று அதிகாரி சொன்னால் போதாது, அந்தக் காரணம் உண்மையில் இருக்கிறதா என்று நீதிமன்றம் பார்க்கும் என்றார் நீதிபதி லியான். நீதிமன்றம் தலையிடக் கூடாது என்று அந்தச் சட்டத்திலேயே ஒரு விதி இருந்தும் கியர்னியை விடச் சொன்னார். 1986-ல் மேல்முறையீட்டிலும் அந்தத் தீர்ப்பு நின்றது.

இப்போதைய அரசியல் சாசனத்தின் 37-ம் பிரிவு இதை இன்னும் இறுக்கிவிட்டது. நெருக்கடி நிலையில் அடைத்தாலும் 10 நாளுக்குள் நீதிமன்றம் பரிசீலிக்க வேண்டும். அரசு தன் காரணங்களை நீதிமன்றத்துக்கு எழுத்தில் கொடுக்க வேண்டும், பரிசீலனைக்குக் குறைந்தது 2 நாள் முன்பே அடைபட்டவர் கையிலும் ஒரு நகல் சேர வேண்டும். அமைதியை மீட்க அவரைத் தொடர்ந்து அடைத்து வைப்பது அவசியம் என்று காட்ட முடியாவிட்டால் விட்டாக வேண்டும். ஆகவே மனுவின் முதல் பத்தியிலேயே கேளுங்கள்: காரணம் என்ன, எழுத்தில் எங்கே, என்றைக்குக் கொடுத்தீர்கள், இவர் உள்ளே இருப்பதால் எந்த அமைதி மீள்கிறது? நல்ல குணத்துக்குக் கடைசியில் நாலு வரி போதும். அடுத்தவர் பெயர் ஒன்றுகூட வேண்டாம்.

48 மணி நேரத்தை இங்கே இழுப்பது

"ஆன்ட்டி, 48 மணி நேரம் முடிஞ்சா விட்டுடணும் இல்லையா?" என்று கேட்கிறார்கள். இல்லை. அது குற்றம் செய்ததாகச் சொல்லிக் கைது செய்தவர்களுக்கான, அரசியல் சாசனத்தின் 35-ம் பிரிவு. அங்கேயும் அது நீதிமன்றத்துக்குக் கொண்டுபோகும் கெடுதான், விடுதலைக்கான கெடு அல்ல. கெடு ஞாயிற்றுக்கிழமை முடிந்தால் திங்கள் மாலை வரை இழுக்கலாம்.

பேரிடர் நிலையும் நெருக்கடி நிலையும் ஒன்று என்று நினைப்பது

2020-ல் கொரோனாவுக்கு அறிவித்தது பேரிடர் நிலை. விசாரணையின்றி அடைக்கும் அதிகாரம் அதில் கிடையாது. விசாரணையின்றி யாரையும் அடைக்கக் கூடாது என்ற 12-ம் பிரிவு அப்படியே நிற்கிறது. நெருக்கடி நிலைக்கு 21 நாள்தான் ஆயுள். நீட்டிக்க வேண்டுமானால் நாடாளுமன்றத்தின் தேசிய சபை வாக்களிக்க வேண்டும். இரண்டாவது தடவையிலிருந்து 60 சதவீத ஆதரவு வேண்டும். 2021 ஜூலையில் டர்பன் கலவரத்தில் பற்றி எரிந்தபோதுகூட நெருக்கடி நிலையை அறிவிக்கவில்லை. ஆகவே யாராவது 'எமர்ஜென்சி' என்று சொன்னால், அறிவிப்பைக் காட்டச் சொல்லுங்கள்.

அரசிதழைப் பார்க்காமல் விடுவது

அடைத்த 5 நாளுக்குள் அடைபட்டவரின் பெயரும் அடைத்து வைத்திருக்கும் இடமும் அரசிதழில் வந்தாக வேண்டும். தினமும் பாருங்கள்.

அவர்கள் அனுப்பும் டாக்டரே போதும் என்பது

போதாது. அடைபட்டவர் தேர்ந்தெடுக்கும் டாக்டர் வர வேண்டும்.

விடுதலை ஆனதும் ஃபைலை மூடுவது

நிறவெறி ஆட்சியை எதிர்த்த ஐக்கிய ஜனநாயக முன்னணித் தலைவர்களை அடைத்த ஆணைகளை 1984 செப்டம்பரில் நேட்டால் மாகாண நீதிமன்றம் ரத்து செய்தது. சில நாளுக்குள் அமைச்சர் புது ஆணை போட்டுவிட்டார். பில்லி நாயர், ஆர்ச்சி குமேடே உட்பட ஆறு பேர் டர்பனில் இருந்த பிரிட்டிஷ் துணைத் தூதரகத்துக்குள் தஞ்சம் புக வேண்டியதாயிற்று. இன்றைக்கு அமைச்சர் அப்படிப் புது ஆணை போட முடியாது: நீதிமன்றம் விடுவித்தவரை அதே காரணத்துக்காகத் திரும்பப் பிடிக்க வேண்டுமானால், அரசு முதலில் நீதிமன்றம் போய்த் தகுந்த காரணம் காட்ட வேண்டும். ஆனால் ராத்திரி கதவைத் தட்டுகிற போலீஸ்காரருக்கு அது தெரிந்திருக்கும் என்று நம்பிவிடாதீர்கள். தீர்ப்பின் முத்திரை போட்ட நகல் இரண்டு வாங்கி, ஒன்றை அம்மாவிடம் கொடுங்கள், இன்னொன்றைப் பையனின் சட்டைப் பையில் வையுங்கள்.