ரோத்தன்பர்க்கில் இரவுக் காவலரோடு ஒரு நடை: முதல்முறை போகிறவர்களுக்கு

ஜெர்மனியில், பவேரியா மாநிலத்தின் மேற்கு ஓரத்தில், டவ்பர் ஆற்றுக்கு மேலே மேட்டில் ரோத்தன்பர்க் என்று ஒரு சிற்றூர். சுற்றிலும் மதில், மதில் நெடுகக் கோபுரங்கள், உள்ளே செங்குத்தான ஓட்டுக்கூரை வீடுகள். இரவு எட்டு மணிக்கு அங்கே இரவுக் காவலர் வேடத்தில் ஒருவர் வருவார். கையில் விளக்கோடு ஒரு மணி நேரம் தெருத்தெருவாக நம்மை நடத்திக்கொண்டு போய் ஊர்க்கதை சொல்வார். வேடமிட்ட வழிகாட்டிகள் ஐரோப்பாவில் பல ஊர்களில் இருக்கிறார்கள். ஆனால் முதல்முறை போகிறவர்களை நான் இங்கேதான் அனுப்புவேன். 1920 வரைக்கும் இந்த ஊரில் உண்மையாகவே இரவுக் காவலர் இருந்தார். அவர் நடந்த அதே தெருக்களில்தான் இன்றும் அந்த நடை போகிறது.

நான் இரண்டு முறை போயிருக்கிறேன். முதல்முறை பகல் சுற்றுலாப் பேருந்தில் போய் நான்கு மணி நேரம் சுற்றிவிட்டு, மாலை ஐந்து மணிக்கு வண்டியேறிவிட்டேன். சதுக்கத்தில் இரவு நடையின் அறிவிப்புப் பலகையைப் பார்த்தது வண்டியேறப் போகும்போதுதான். அந்த ஆதங்கத்திலேயே அடுத்த ஆண்டு இரண்டு நாள் ஒதுக்கிக்கொண்டு திரும்பப் போனேன். நீங்கள் முதல்முறையே சரியாகச் செய்துவிடுங்கள்.

படி 1: ஓர் இரவாவது மதிலுக்குள் தங்குங்கள்

மற்ற எல்லாவற்றையும்விட இது முக்கியம். பகலில் ஊர் நிறைய பேருந்துக் கூட்டம். மாலை ஆனதும் எல்லாரும் கிளம்பிவிடுவார்கள், அப்புறம் தெருவில் நம் காலடிச் சத்தம் நமக்கே கேட்கும். மதிலுக்குள்ளேயே சின்னச் சின்ன விடுதிகள் நிறைய உண்டு. ரயிலைப் பிடிக்க ஓடும் அவசரம் மனதில் இருந்தால் கதை கேட்க முடியாது.

ரயிலில் வருவதென்றால் வூர்ட்ஸ்பர்க்கிலிருந்தோ ஆன்ஸ்பாக்கிலிருந்தோ ஸ்டைனாக் என்ற சின்ன நிலையத்துக்கு வந்து மாறவேண்டும். அங்கிருந்து கால் மணி நேரம். ரோத்தன்பர்க் நிலையத்திலிருந்து சதுக்கத்துக்கு நடந்தே போய்விடலாம், தூரம் அதிகமில்லை. ஆனால் தெருவெல்லாம் கல் பாவியது. சக்கரம் வைத்த பெட்டியை இழுப்பது பெரும்பாடு, முதுகுப்பை போதும்.

படி 2: மாதத்தைப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள்

ஆங்கில நடை இரவு எட்டு மணிக்கு, ஜெர்மன் நடை ஒன்பதரைக்கு. இதில் ஒரு விஷயத்தைப் பலரும் யோசிப்பதில்லை. ஜூன், ஜூலையில் இங்கே சூரியன் மறையவே ஒன்பது மணிக்கு மேலாகிவிடும். எட்டு மணி நடை முழுக்கப் பட்டப்பகல் வெளிச்சத்தில் நடக்கும், காவலர் கையில் விளக்கு எரிவதே தெரியாது. இருட்டில் கேட்க வேண்டும் என்றால் செப்டம்பர் கடைசியிலிருந்து போங்கள். அக்டோபர் எனக்குப் பிடித்த மாதம். டிசம்பரில் கிறிஸ்துமஸ் சந்தை நடக்கும், அழகுதான், ஆனால் கூட்டம் நெரியும். ஜனவரி, பிப்ரவரியில் நடை பொதுவாகக் கிடையாது. தேதியையும் நேரத்தையும் கிளம்பும் முன் இணையத்தில் ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள்.

படி 3: பகலிலேயே அந்த வழியில் ஒருமுறை நடந்துவிடுங்கள்

இருட்டில் காவலர் விளக்கைத் தூக்கி ஒரு சுவரைக் காட்டுவார். அந்தச் சுவரை நாம் முன்பே பார்த்திருந்தால் கதை சட்டென்று உள்ளே இறங்கும். சதுக்கத்திலிருந்து ஹெர்ன்காஸே என்ற அகலமான தெரு மேற்கே போகிறது. பெயருக்கு ஏற்றபடி பெரிய மனிதர்களின் தெரு, வீடுகளும் அதற்கேற்ற பெரிய வீடுகள். அதன் முடிவில் கோட்டை வாசல், வாசலைத் தாண்டினால் தோட்டம், தோட்டத்தின் ஓரத்தில் நின்றால் கீழே டவ்பர் பள்ளத்தாக்கு.

வாசலில் கொஞ்ச நேரம் நில்லுங்கள். மேலே கல்லில் ஒரு முகம் செதுக்கியிருக்கும், வாய் திறந்தபடி. எதிரிகள் வந்தால் அந்த வாய் வழியாகக் கொதிக்கும் கீலை ஊற்றுவார்களாம். அதைவிட எனக்குப் பிடித்தது கீழே இருப்பது. பெரிய மரக்கதவுக்குள்ளேயே ஒரு குட்டிக் கதவு வெட்டியிருப்பார்கள். இரவில் பெரிய கதவைத் திறக்க மாட்டார்கள். நேரம் கழித்து வந்தவன் அந்தக் குட்டிக் கதவு வழியாக, ஒரு நேரத்தில் ஒருவனாக, குனிந்துதான் நுழைய முடியும். குனிந்து தலையை நீட்டுகிறவனால் வாளை உருவ முடியாது. அவ்வளவு எளிய யோசனை! கையை வைத்து அதன் உயரத்தை அளந்து பாருங்கள்.

நேரம் இருந்தால் ஊரின் கிழக்குப் பக்கம் மதில்மேல் ஏறி நடங்கள், கட்டணம் இல்லை. தலைக்கு மேல் மரக்கூரை, ஒரு பக்கம் அம்பு எய்யும் துளைகள், கைப்பக்கச் சுவரில் வரிசையாகப் பெயர் பொறித்த கற்கள். அந்தப் பெயர்கள் ஏன் அங்கே இருக்கின்றன என்பதைக் காவலர் இரவில் சொல்வார், நானும் கீழே சொல்கிறேன். ஜப்பானியப் பெயர்கள் நிறைய கண்ணில் படும்.

படி 4: சில்லறையும் செருப்பும்

முன்பதிவு வேண்டாம். தனியாகவோ குடும்பமாகவோ போகிறவர்கள் நேராகப் போய் நின்றால் போதும். பணத்தை நடையின் முடிவில் காவலரிடமே கையில் கொடுப்பது வழக்கம், அதனால் யூரோ நோட்டும் சில்லறையும் சட்டைப்பையில் இருக்கட்டும். தொகை பெரிதில்லை, அந்த ஊர் ஓட்டலில் ஒருவேளைச் சாப்பாட்டுக்கு ஆவதைவிடக் குறைவு. காலுக்குத் தட்டையான அடி வைத்த ஷூ. கோடைக்காலமானாலும் ஒரு கம்பளி மேற்சட்டை எடுத்துக்கொள்ளுங்கள், தோட்டத்து ஓரத்தில் பள்ளத்தாக்குக் காற்று நேராக மேலே அடிக்கும்.

படி 5: எட்டுக்குப் பத்து நிமிடம் முன்பே சதுக்கத்தில் இருங்கள்

நகர மன்றக் கட்டடத்துக்குப் பக்கத்தில் ஒரு பழைய மதுக்கூடத்தின் நெற்றியில் கடிகாரம் இருக்கிறது. மணி அடிக்கும்போது அதன் இரு பக்கமும் சன்னல் திறந்து இரண்டு பொம்மைகள் வெளியே வரும். ஒன்று தளபதி டில்லி, மற்றது ஊர்த்தலைவர் நுஷ். 1631இல், கத்தோலிக்கரும் புரொட்டஸ்டண்டுகளும் மோதிக்கொண்ட முப்பதாண்டுப் போரின்போது, கத்தோலிக்கத் தரப்புத் தளபதியான டில்லியின் படை ஊரைப் பிடித்தது. மூன்றேகால் லிட்டர் மதுவை ஒரே மூச்சில் குடிக்க யாராவது முன்வந்தால் ஊரை விட்டுவிடுகிறேன் என்று டில்லி சொன்னாராம், நுஷ் குடித்துக் காட்டினாராம். இது ஊரார் சொல்லும் கதை. பொம்மை கிண்ணத்தைத் தூக்குவதைப் பார்த்துவிட்டுத் திரும்பினால், கறுப்பு அங்கியும் தொப்பியுமாகக் காவலர் வந்து நிற்பார்.

படி 6: காவலருக்குப் பக்கத்திலேயே நடங்கள்

ஒலிபெருக்கி கிடையாது, அவருடைய சொந்தக் குரல்தான். கூட்டம் நூறு பேரைத் தொடும் நாளும் உண்டு. ஓர் இடத்தில் நின்று பேசிவிட்டு அவர் நகரும்போது, படம் எடுத்துக்கொண்டு பின்தங்குகிறவர்கள் அடுத்த கதையின் தொடக்கத்தை விட்டுவிடுவார்கள். அவர் விளக்கை இறக்கியதும் நீங்களும் கிளம்பிவிடுங்கள். குழந்தைகளை முன்வரிசைக்கு அனுப்பிவிடுங்கள், யாரும் தடுக்க மாட்டார்கள். படம் எடுப்பதை முடிவில் வைத்துக்கொள்ளலாம்.

கையில் இருப்பதைக் கவனியுங்கள். நீண்ட கழியின் முனையில் கோடாரியும் ஈட்டியும் சேர்ந்த ஆயுதத்துக்கு ஹால்பர்ட் என்று பெயர். இன்னொரு கையில் விளக்கு, இடுப்பில் கொம்பு. தீப்பிடித்தால் ஊதி ஊரை எழுப்பத்தான் கொம்பு. மரமும் வைக்கோலும் நிறைந்த ஊரில் திருடனைவிட நெருப்புதான் பெரிய பயம். மணிக்கொரு முறை நேரத்தைக் கூவிச் சொல்வதும் அவர் வேலைதான். நள்ளிரவில் விழித்தவனுக்கு அந்தக் குரல் கேட்டால், ஒருவர் விழித்திருக்கிறார், ஊர் பத்திரமாக இருக்கிறது என்று பொருள்.

ஆனால் அந்த வேலைக்கு மதிப்பே இருக்கவில்லை. அவருக்கும் கீழாக வைக்கப்பட்டவர்கள் வெட்டியானும் தூக்குப் போடுகிறவரும் மட்டும்தான் என்று காவலர் சொல்லும்போது, கூட்டம் முதலில் சிரிக்கும், அப்புறம் அமைதியாகும். ஊரே நம்பித் தூங்கிய ஒருவரை ஊரே ஒதுக்கி வைத்திருக்கிறது. எனக்கு அன்று முழுக்க அதுவே மனதில் ஓடிக்கொண்டிருந்தது.

படி 7: இரண்டு கதைகளைத் தவறவிடாதீர்கள்

ஆங்கிலத்தில் வேகமாகச் சொல்வார், அதனால் முன்பே தெரிந்து வைத்துக்கொள்வது நல்லது.

முதலாவது, ஊர் ஏன் மாறாமல் நின்றது என்பது. 1274இல் ரோத்தன்பர்க் பேரரசருக்கு மட்டுமே கட்டுப்பட்ட சுதந்திர நகரம் ஆனது, செல்வாக்கான ஊர். 1631இல் போர், அதன் பின்னாலேயே கொள்ளைநோய். அதிலிருந்து ஊர் எழவே இல்லை. பணம் இல்லாததால் பழைய வீட்டை இடித்துப் புது வீடு கட்ட யாராலும் முடியவில்லை. மற்ற நகரங்கள் மதிலை இடித்து அகலமான சாலை போட்டபோது இவர்களுக்கு அதற்கும் வழியில்லை. இன்று நாம் வாய்பிளந்து பார்க்கும் இந்தத் தெருக்கள் அந்த வறுமையில் உறைந்து போனவை. இதைக் கேட்ட பிறகு நுஷ் பொம்மை கிண்ணத்தைத் தூக்குவதை என்னால் பழையபடி பார்க்க முடியவில்லை.

இரண்டாவது, 1945. மார்ச் 31 அன்று விமானங்கள் குண்டு போட்டதில் ஊரின் கிழக்குப் பகுதி எரிந்தது, பழைய ஊரில் ஏறத்தாழ பத்தில் நான்கு பங்கு அழிந்தது. அடுத்த மாதம் அமெரிக்கப் படை வாசலுக்கே வந்துவிட்டது. அப்போது அமெரிக்கப் போர்த்துறையின் துணைச் செயலராக இருந்த ஜான் மெக்ளாய்க்கு இந்த ஊரைத் தன் தாயின் மூலமாகத் தெரியும், பீரங்கித் தாக்குதல் வேண்டாம் என்று தடுத்தார். ஊர் சண்டையில்லாமல் சரணடைந்தது. அப்புறம் மதிலைத் திரும்பக் கட்ட உலகெங்கும் இருந்து பணம் வந்தது. பகலில் நாம் பார்த்த பெயர்க்கற்கள் அப்படிக் கொடுத்தவர்களுடையவை.

படி 8: கூட்டம் கலைந்ததும் திரும்ப ஒருமுறை

நடை முடிந்து பணம் கொடுத்ததும் பெரும்பாலானோர் சாப்பிடப் போய்விடுவார்கள். ஒன்பது மணிக்கு மேல் பல சமையலறைகள் மூடிவிடும் என்பதால் நீங்கள் முன்பே சாப்பிட்டுவிடுங்கள். ஊரின் பலகாரம் ஷ்னேபால், மாவு நாடாக்களைப் பந்தாகச் சுருட்டிப் பொரித்துச் சர்க்கரை தூவியது. பசியோடு வருகிறவர்களுக்கு அது போதாது.

சாப்பிட்டிருந்தால், அதே வழியில் நீங்கள் மட்டும் திரும்பப் போங்கள். நான் போனபோது கோட்டை வாசலில் யாருமே இல்லை. குட்டிக் கதவின் விளிம்பைத் தடவினேன், மரம் ஈரமாகவும் வழவழப்பாகவும் இருந்தது. குனிந்து பார்த்தேன், அப்பால் தோட்டத்து மரங்கள் மட்டும். பின்னால் சதுக்கத்தில் மணி பத்து அடித்தது. அந்தப் பக்கம் ஒன்பதரை மணி நடையின் விளக்கு ஒன்று ஆடியபடி தெருவைக் கடந்து போனது.

விடுதிச் சாவியைக் கையோடு கொண்டுபோங்கள். இரவில் முன்கதவைப் பூட்டிவிடுவார்கள்.