போட்டுப் பார்க்கத் தரும் பேக் காலியாக இருக்கக்கூடாது

பினாங்கு தாவரவியல் பூங்கா வாசலில் ஞாயிறு காலை மேசை போட்டு, மலையேற வருகிறவர்களிடம் பேக்கும் சப்பாத்தும் கொடுத்துப் பார்க்கச் சொல்வது நல்ல வியாபாரம். ஆனால் சமதரையில், காலியாக, இரண்டு நிமிடம் மாட்டினால் எந்தச் சாமானும் நன்றாகத்தான் இருக்கும். குறை தெரிவது பாரத்திலும் இறக்கத்திலும் ஈரத்திலும்தான்.

அதிகம் தவறு நடப்பது பேக்கில். 40 லிட்டர் பேக்கில் 8 கிலோவாவது இருக்கட்டும்: 5 கிலோ அரிசி மூட்டை ஒன்று, ஒன்றரை லிட்டர் தண்ணீர் போத்தல் இரண்டு. அடியில் பழைய போர்வையைத் திணித்து, அரிசியை முதுகை ஒட்டி நடுவில் நிறுத்துங்கள். அது வெளிப்பக்கம் சாய்ந்தால் பாரம் பின்னால் இழுக்கும். வந்தவர் பேக்கைக் குறை சொல்லிவிட்டுப் போவார்.

மாட்டும் வரிசையும் முக்கியம். எல்லா வாரையும் தளர்த்திவிட்டு, முதலில் இடுப்புப் பட்டையை இடுப்பெலும்பின் மேல் உட்காரவைத்து இறுக்குங்கள். அடுத்து தோள் வார், பிறகு தோளுக்கு மேலிருக்கும் சின்ன வார், கடைசியில் மார்பு வார். தோள் வாரை முதலில் இழுத்தால் இடுப்புப் பட்டை வயிற்றுக்கு ஏறி, மொத்தப் பாரமும் தோளில் தொங்கும். அளவுக்கு ஆளின் உயரத்தைக் கேட்டுப் பயனில்லை. குனியும்போது பிடரியில் துருத்தும் எலும்பிலிருந்து இடுப்பெலும்பின் மேல்மட்டம் வரை டேப் பிடியுங்கள். நெட்டையானவருக்கும் முதுகு குட்டையாக இருக்கலாம். மாட்டியபின் இருபது நிமிடம் சுமக்க விடுங்கள்.

சப்பாத்தைப் பாயில் நிற்கவைத்துக் காட்டாதீர்கள். பூங்காவிலிருந்து கொடிமலைக்கு ஏறும் ஜீப் பாதையில் கொஞ்சம் ஏறி இறங்கச் சொல்லுங்கள். இறங்கும்போது விரல் முன்னால் இடித்தால் அளவு போதாது. நடந்து திரும்பி, கால் சற்று வீங்கியிருக்கும் நேரம்தான் அளவு பார்க்கச் சரியான நேரம். தடித்த காலுறையை ஆளுக்கொரு ஜோடி புதிதாகக் கொடுங்கள்.

ஸ்டோரில் ஆண்டுக்கணக்கில் கிடந்த சப்பாத்தைக் கொண்டுவரவே கூடாது. பாலியூரித்தேன் என்ற பிளாஸ்டிக் நுரையில் செய்த அடிப்பாகம் நம் ஊர்ப் புழுக்கத்தில், போடாமலே உளுத்துப்போகும். முந்தின நாளே கட்டைவிரலால் அழுத்திப் பாருங்கள். வெடிப்பு விட்டால் ஒதுக்கிவிடுங்கள். நடுவழியில் சோல் கழன்றால் ஆள் விழுவார்.

கூடாரத்தை நீங்களே கட்டிவைக்காமல் வாங்குகிறவர் கையால் கட்டவிடுங்கள். மழைக்கு ஒழுகுமா என்று காட்ட, தையல்மேல் ஒரு வாளித் தண்ணீர் ஊற்றுங்கள், போதும்.

கம்போங் அடிடாஸ் என்று சொல்லும் சாதாரண ரப்பர் சப்பாத்தைப் போட்டு வருகிறவரை ஏளனமாகப் பார்க்காதீர்கள். அடியிலுள்ள ரப்பர் முட்கள் களிமண்ணைக் கவ்வும், ரப்பர் தண்ணீரையும் உறிஞ்சாது. ஒரு காலில் அவருடையது, மறுகாலில் உங்களுடையது என்று மாட்டி, ஈரமான இறக்கத்தில் பத்தடி நடக்கச் சொல்லுங்கள்.