கலவைப் பலகையிலிருந்து ஒளிப்பெட்டிக்கு: ராக் இசைஞர் தயாரிப்பாளராகவும் காட்சிக்கலைஞராகவும் வளர ஒரு வழிகாட்டி

பிரிட்டிஷ் ராக் குழுவான ராக்ஸி மியூசிக்கின் தொடக்கக் கால நிகழ்ச்சிகளில், பின்னாளில் தயாரிப்பாளராகவும் காட்சிக்கலைஞராகவும் பெயர்பெற்ற பிரையன் ஈனோ மேடையில் நிற்கவில்லை. அரங்கின் பின்பக்கம், எல்லாக் கருவிகளின் ஒலியையும் அளவாகச் சேர்க்கும் கலவைப் பலகைக்கு அருகில் இருந்தார். மற்றவர்கள் வாசித்தது அவருடைய விசிஎஸ்3 என்ற சிந்தசைசருக்குள், அதாவது மின்னணு முறையில் ஒலியை உருவாக்கும் கருவிக்குள், போய் உருமாறி வெளியே வந்தது. 1969-இல் வெளிவந்த அந்தக் கருவியின் உடலில் பியானோக் கட்டைகள் இல்லை. துளைகள் நிறைந்த ஒரு சதுரப் பலகையில் ஊசிகளைச் செருகி, எந்த ஒலி எங்கே போகவேண்டும் என்று முடிவுசெய்ய வேண்டும்.

இசைக்குழுவில் வாசித்துக்கொண்டிருப்பவர்கள் ஒலிப்பதிவுத் தயாரிப்புக்குப் போவது எப்படி, அங்கிருந்து காட்சிக்கலைக்கு நகர்வது எப்படி என்று என்னிடம் கேட்கும்போது, இந்தக் காட்சியைத்தான் நான் முதலில் நினைவூட்டுகிறேன். ஈனோ இங்கிலாந்தின் இப்ஸ்விச்சிலும் வின்செஸ்டரிலும் ஓவியம் படித்தவர். 1969-இல் படிப்பை முடித்தார். 1971-இல் ராக் குழுவில் சேர்ந்தார். பிறர் எழுப்பும் ஒலிக்கு ஒரு பாதை அமைத்துத் தருவதே முதல் நாளிலிருந்து அவருடைய வேலையாக இருந்தது. தயாரிப்பாளரின் வேலையும் அதுதான். பிற்காலத்தில் ஒளியை வைத்து அவர் செய்ததும் அதுதான். நான் விசைப்பலகை வாசித்து வளர்ந்தவன்; இப்போது பிறருடைய பாடல்களைப் பதிவுசெய்கிறேன், ஒளிப்பெட்டிகள் செய்கிறேன். இந்த மூன்றும் ஒரே கைத்தொழில் என்று உறுதியாக நம்புகிறேன். அந்த நம்பிக்கையில்தான் கீழே உள்ள வழியைச் சொல்கிறேன்.

குழுவைவிட்டு விலகுவதற்கு முன்பே வேலையைத் தொடங்குங்கள். ஒத்திகை அறையின் நடுவில் ஒரு சிறிய ஒலிப்பதிவுக் கருவியை வைத்து, ஒவ்வொரு ஒத்திகையையும் பதிவுசெய்யுங்கள். அன்றே கேட்க வேண்டாம். மறுநாள் கேளுங்கள், உங்களுடைய வாசிப்பைத் தவிர மற்ற எல்லாவற்றையும் கவனியுங்கள். இது சொல்வதற்கு எளிது. செய்வது மிகக் கடினம். காது தானாகவே தன் கைவேலையைத் தேடி ஓடும். அதை இழுத்துப் பிடித்து, பேஸ் கிட்டாரும் டிரம்ஸில் காலால் அடிக்கும் கிக்கும் ஒன்றாக விழுகின்றனவா, பாடகர் மூச்சுவிட இடம் இருக்கிறதா என்று கேட்கப் பழக வேண்டும். பிறகு அடுத்த ஒத்திகையில் ஒரே ஒரு மாற்றத்தை முன்வையுங்கள். அது எதையாவது நீக்குவதாக இருக்கட்டும். இரண்டாம் சரணத்தில் உங்கள் விசைப்பலகையே வேண்டாம் என்று நீங்களே சொன்னால், அடுத்த முறை கிட்டார்காரரிடம் அதையே சொல்லும் உரிமை உங்களுக்குக் கிடைத்துவிடும்.

ஈனோ இரண்டு ஆல்பங்களுக்குப் பிறகு, 1973-இல் ராக்ஸி மியூசிக்கைவிட்டு வெளியேறினார். எப்போது வெளியேறுவது என்பதற்கு என்னிடம் பொதுவிதி இல்லை. ஒத்திகையில் உங்கள் பகுதியைவிட மற்றவர்களின் பகுதி அதிக ஆர்வம் தருகிறது என்றால், நேரம் நெருங்கிவிட்டது என்று கொள்ளலாம்.

தயாரிப்பைக் கற்றுக்கொள்ள முதல் பாடநூல் ஆல்பத்தின் பின்னட்டைதான். யார் என்ன செய்தார்கள் என்று வரிக்கு வரி படியுங்கள். பாடகர் டேவிட் போவி 1977-இல் வெளியிட்ட இரண்டு ஆல்பங்களையும் 1979-இல் வெளியிட்டதையும் ஈனோ தயாரித்தார் என்று பலர் எழுதுகிறார்கள். அவற்றைத் தயாரித்தவர்கள் போவியும் டோனி விஸ்கான்டியும். ஈனோ அவற்றில் கூட்டாளி: சிந்தசைசர் வாசித்தார், சில பாடல்களைச் சேர்ந்து எழுதினார், வேலை செய்யும் முறையையே அசைத்துப் பார்த்தார். மாறாக, டாக்கிங் ஹெட்ஸ் குழுவின் 1978, 1979, 1980 ஆல்பங்களில் அவர் தயாரிப்பாளர். யூ2 குழுவுடன் 1984-இல் தொடங்கிய வேலையில் டேனியல் லான்வா இணைத் தயாரிப்பாளர். லான்வா வாசிப்பவர்களோடு உட்கார்ந்து வாசித்துப் பாடலை உள்ளிருந்து கட்டுவார். ஈனோ வெளியிலிருந்து வந்து கேட்பார். இந்த வேறுபாடுகள் தெரிந்தால்தான் நீங்கள் எந்த வகைத் தயாரிப்பாளர் என்று கண்டுகொள்ள முடியும். விஸ்கான்டியைப்போல ஒலிவாங்கிகளையும் அறையையும் ஆள்பவரா, லான்வாவைப்போல உடன் வாசிப்பவரா, ஈனோவைப்போலச் சூழ்நிலையை மாற்றுபவரா? மூன்றையும் ஒருவரே செய்ய முயன்றால் பாடகருக்கு யாரிடம் பேசுவது என்றே தெரியாமல் போய்விடும்.

இனி நடைமுறை. ஒரு சிறு குழுவின் பாடலைப் பதிவுசெய்யும்போது நான் விடாமல் பின்பற்றுபவற்றைச் சொல்கிறேன். கணினியில் 24 பிட் நுணுக்கத்தில் பதிவுசெய்யுங்கள். அளவுமானியில் உச்சங்கள், எல்லையான பூஜ்யத்துக்குக் கீழே, மைனஸ் 10 டெசிபெல் அருகில் நின்றால் போதும், மேலே நெருக்கித் தள்ளவேண்டிய காலம் காந்த நாடாவோடு போய்விட்டது. டிரம்ஸின் தோலைச் சுருதி சேர்க்காமல் ஒலிவாங்கியைத் தொடாதீர்கள். இரண்டு ஒலிவாங்கிகள் வைத்தால், முதல் ஒலிவாங்கி கருவியிலிருந்து எவ்வளவு தொலைவோ அதைப்போல் மூன்று மடங்காவது இரண்டாவது ஒலிவாங்கி முதலாவதிலிருந்து தள்ளி இருக்கட்டும். இல்லையென்றால் ஒரே ஒலி சிறு தாமதத்தோடு இருமுறை பதிவாகி, சேரும்போது ஒலியின் சில பகுதிகள் தேய்ந்துபோகும். பாடகர் ஒத்திகை பார்க்கிறேன் என்று சொல்லிப் பாடும் முதல் முறையைக் கட்டாயம் பதிவுசெய்யுங்கள். நான் வைத்துக்கொண்ட பாடல்களில் பாதிக்கு மேல் அந்த முதல் குரலின் ஏதோ ஒரு வரி இருக்கிறது. தனித்தனிப் பதிவுகளைச் சேர்த்துச் செய்த இரண்டு கலவைகளை ஒப்பிடும்போது இரண்டின் சத்தத்தையும் சமமாக்குங்கள். கொஞ்சம் உரக்கக் கேட்பது எப்போதும் மேலானதாகத் தோன்றும், அது காதின் இயல்பு.

நாள் முடிவில் ஒரு கச்சாக் கலவையைச் சேமித்து, தேதியிட்ட பிரதி எடுத்து வையுங்கள். யூ2-வின் 1987 ஆல்பத்தின் முதல் பாடல் ஒலிப்பதிவுக் கூடத்தின் நேரத்தைப் பெருமளவு விழுங்கியது. திருத்தித் திருத்திக் களைத்த ஈனோ, நாடாவையே அழித்துவிட்டுப் புதிதாகத் தொடங்கினால் நல்லது என்று அதற்கு முற்பட்டார். ஒலிப்பதிவுப் பொறியாளர் ஒருவர் தடுத்ததால் பாடல் பிழைத்தது. இதைக் கேட்பவர்கள் பொறியாளரைப் பாராட்டுகிறார்கள். எனக்கு இரண்டு பேருமே சரியாகத் தெரிகிறார்கள். புதிதாகத் தொடங்கத் துணிவு வேண்டும், பழையதைக் காக்கவும் ஒருவர் வேண்டும். இன்று கணினியில் இரண்டும் ஒருசேர முடியும். பழைய கோப்பை வேறு இடத்தில் வைத்துவிட்டு, வெற்றுத் திரையில் குழுவை ஒருமுறை முழுவதுமாக வாசிக்கச் சொல்லுங்கள். அதுவரை தைத்துத் தைத்துச் சேர்த்த வடிவத்தில் இல்லாத உயிர் பெரும்பாலும் அதில் வந்துவிடும்.

வேலை முட்டி நிற்கும்போது பயன்படுத்த, ஈனோவும் ஓவியர் பீட்டர் ஷ்மிட்டும் 1975-இல் நூற்றுக்கும் மேற்பட்ட அட்டைகள் கொண்ட ஒரு பெட்டியை வெளியிட்டார்கள். ஒவ்வோர் அட்டையிலும் ஒரு குறுகிய அறிவுரை இருக்கும். அதை வாங்குவதைவிட உங்களுடையதை நீங்களே எழுதுவது நல்லது என்பது என் கருத்து. உங்களுக்குத் தெரிந்த தடைகளுக்குத்தானே மருந்து வேண்டும்! என் பெட்டியில் உள்ளவற்றில் சில: "மிக நீளமான ஒலியைப் பாதியாக வெட்டு", "டிரம்ஸ்காரர் பாடட்டும்", "பல்லவியை நீக்கிவிட்டுக் கேள்". அட்டையை எடுத்தால் அதன்படி செய்தே தீரவேண்டும். அடுத்த அட்டையை எடுத்துப் பார்க்கலாம் என்று தொடங்கினால் பெட்டியால் பயன் இல்லை.

தயாரிப்புக்கும் காட்சிக்கலைக்கும் நடுவே ஒரு பாலம் இருக்கிறது: லூப், அதாவது திரும்பத் திரும்பச் சுழலும் ஒலித்துண்டு. 1975-இல் டாக்ஸி மோதிப் படுக்கையில் கிடந்த ஈனோ, சத்தம் மிகக் குறைவாக ஓடிய யாழிசைத் தட்டை எழுந்து சரிசெய்ய முடியாமல், மழையோசையோடு கலந்தபடியே கேட்டார். அறையின் ஒலிகளோடு சேர்ந்து இருக்கும் இசை என்ற எண்ணம் அங்கே உறுதிப்பட்டது. 1978-இல் விமான நிலையங்களுக்கென அவர் வெளியிட்ட ஆல்பத்தில், ஒற்றைச் சுரம் பாடும் குரல்களை வெவ்வேறு நீளமுள்ள நாடா வளையங்களில் சுழலவிட்டார். ஒன்று ஏறக்குறைய 23.5 வினாடி, இன்னொன்று 26 வினாடிக்குச் சற்றுக் குறைவு, மற்றொன்று 30-ஐ ஒட்டியது. அவை எப்போது சந்திக்கும், எப்போது விலகும் என்பதை அவர் எழுதவில்லை. வளையங்களின் நீளமே எழுதியது.

இதை இன்று மாலையே செய்து பார்க்கலாம். மூன்று நீண்ட சுரங்களைப் பதிவுசெய்யுங்கள்; குரலோ கிட்டாரோ எதுவாக இருந்தாலும் சரி. முதல் டிராக்கின் லூப் நீளத்தை 17 வினாடி, இரண்டாவதை 19, மூன்றாவதை 23 என்று வையுங்கள். சுரம் ஒலிக்கும் நேரம் 5 அல்லது 6 வினாடி, மீதி மௌனம். மூன்றும் பகா எண்கள் என்பதால், தொடங்கிய அதே நிலைக்கு அவை திரும்ப 17, 19, 23 ஆகியவற்றின் பெருக்கமான 7,429 வினாடிகள் ஆகும். அதாவது 2 மணி 3 நிமிடம் 49 வினாடி. மூன்றே சுரங்களில் இரண்டு மணிநேர இசை! முதன்முதலாக இதைக் கேட்டபோது எனக்கு ஏற்பட்ட வியப்பு இன்றும் குறையவில்லை. சுரங்களைத் தேர்ந்தெடுப்பதில் மட்டும் கவனம் வையுங்கள்: எந்த இரண்டு சேர்ந்தாலும் காதை உறுத்தாதவையாக இருக்கவேண்டும், ஏனென்றால் எல்லாச் சேர்க்கையும் ஒருநாள் வந்தே தீரும்.

இப்போது சுரத்தின் இடத்தில் நிறத்தை வையுங்கள். காட்சிக்கலைக்கு நகர்வதற்குத் தேவையான தாவல் இவ்வளவுதான். ஈனோ 1980, 1981-இல் நியூயார்க்கில் தன் ஜன்னலில் வீடியோ கேமராவைப் பக்கவாட்டில் படுக்கவைத்து வானத்தையும் கட்டடங்களையும் பதிவுசெய்தார். பார்ப்பதற்குத் தொலைக்காட்சிப் பெட்டியையும் பக்கவாட்டில் நிறுத்தவேண்டும். அந்தச் சிறு திருப்பத்தில் தொலைக்காட்சி கதை சொல்வதை நிறுத்தி ஓவியம் ஆகிவிட்டது. 2006-இல் அவர் வெளியிட்ட படைப்பில், கையால் வரைந்த படங்களைக் கணினி அடுக்கடுக்காக மெல்ல மாற்றிக்கொண்டே இருக்கும். 7 கோடியே 70 லட்சம் சேர்க்கைகள் என்பது அதன் பெயரிலேயே இருக்கிறது. 2009-இல் அது சிட்னி ஓபரா மாளிகையின் வெண்கூரைகள்மேல் ஒளிர்ந்தது. 2013-இல் இங்கிலாந்தின் ஹோவ் நகரில் ஒரு மருத்துவமனையில் நிறுவப்பட்டது. நோயாளிகள் காத்திருக்கும் இடத்துக்கு அந்த வேலை போய்ச் சேர்ந்தது எனக்கு ஓபரா மாளிகையைவிடப் பெரிதாகப் படுகிறது.

ஓர் ஒளிப்பெட்டியில் தொடங்குங்கள். ஆழமில்லாத மரப்பெட்டி, உள்ளே எல்இடி பட்டை, முன்னால் பால்நிற அக்ரிலிக் தகடு. மீட்டருக்கு 60 விளக்குகள் உள்ள பட்டையில் விளக்குகளின் இடைவெளி ஏறக்குறைய 17 மில்லிமீட்டர். தகட்டை அதைப்போல் இரு மடங்கு தள்ளி வைத்தால் புள்ளிகள் மறைந்து ஒரே பரப்பாகத் தெரியும். பெட்டியை மூன்று பகுதிகளாகத் தடுத்து, ஒவ்வொன்றின் நிறச்சுழற்சிக்கும் வெவ்வேறு நீளம் கொடுங்கள். மேலே சொன்ன கணக்கு அப்படியே பொருந்தும், வினாடிக்குப் பதில் நிமிடம்.

இங்கே ஒரு நுட்பமான சிக்கல் வரும். மலிவான கட்டுப்பாட்டுக் கருவிகள் ஒவ்வொரு நிறத்துக்கும் 256 படிகள்தான் தரும். நான்கு நிமிடத்தில் இருளிலிருந்து முழு ஒளிக்குப் போனால் ஏறக்குறைய வினாடிக்கு ஒரு படி. வெளிச்சமான பகுதியில் அது தெரியாது. இருண்ட பகுதியில் ஒவ்வொரு படியும் துடிப்பாகக் கண்ணில் படும். இன்னும் நுண்ணிய படிகள் தரும் 16 பிட் கருவி வாங்க முடியாவிட்டால், எந்த நிறத்தையும் பத்தில் ஒரு பங்குக்குக் கீழே இறக்காதீர்கள். பார்வையாளர் மாற்றத்தைப் பார்க்கவே கூடாது. மாறிவிட்டது என்று மட்டும் தெரியவேண்டும்.

புரொஜெக்டர் என்றால் முதலில் அறையை அளக்கவேண்டும். எறிவிகிதம், அதாவது படத்தின் அகலத்தைப்போல் எத்தனை மடங்கு தொலைவு வேண்டும் என்ற அளவு, 1.5 என்றால் மூன்று மீட்டர் அகலப் படத்துக்கு நான்கரை மீட்டர் தொலைவு வேண்டும். ஒலியைப் பெரிய ஸ்பீக்கர் இரண்டில் தராமல், சிறியவை பலவற்றில் அறை முழுவதும் சிதறவிடுங்கள். ஒவ்வொன்றிலும் ஒரு லூப். நடப்பவரின் கால்கள் கலவையைச் செய்துகொள்ளும்.

பணம், உரிமை பற்றிச் சுருக்கமாக. பாடலைப் பதிவுசெய்யத் தொடங்குமுன் மூன்றை எழுத்தில் வாங்குங்கள்: உங்கள் பெயர் எந்தப் பொறுப்பில் வரும், கட்டணத்தோடு விற்பனையில் பங்கு உண்டா, பாடல் எழுதியதில் நீங்கள் சேர்ந்திருந்தால் அது தனியாகக் குறிக்கப்படுமா. பதிவின் உரிமையும் பாடலின் உரிமையும் வேறுவேறு. நட்பு இருக்கும்போது எழுதினால் ஐந்து நிமிட வேலை.

காட்சிக்கூடத்துக்கு வேலையைக் கொடுக்கும்போது ஒரு பக்கக் குறிப்பை உடன் வையுங்கள்: எந்த வரிசையில் மின்சாரம் போடுவது, எப்படி அணைப்பது, மின்தடைக்குப் பிறகு என்ன செய்வது, ஒலியளவு எந்தக் கோட்டில் நிற்கவேண்டும். அந்தக் கோட்டை ஒலிபெருக்கியின் திருகில் வெள்ளை மையால் நீங்களே போட்டுவிடுங்கள். அறையில் ஆள் இல்லாதபோது சரியாகத் தோன்றும் அளவு கூட்டம் வந்ததும் கேட்காமல் போகும், ஊழியர்கள் கூட்டுவார்கள். தொடக்க நாளன்று நண்பர்களை நிற்கவைத்துப் பேசச் சொல்லி, அந்தப் பேச்சுக்குச் சற்றுக் கீழே கோட்டைப் போடுங்கள்.