வாடகைத் தகராறு: காலி செய்யும் தேதியை நீதிமன்ற உத்தரவாக்குவது எப்படி?

இரண்டு மாத வாடகை வரவில்லை. வீட்டுக்காரர் பூட்டை மாற்றிவிடலாமா என்று பார்க்கிறார். குடியிருப்பவர் "டெபாசிட்டில கழிச்சுக்குங்கண்ணே" என்கிறார். இரண்டும் வம்பு. சிங்கப்பூரில் இதைவிட நல்ல வழி இருக்கிறது: பேசி ஒரு தேதிக்கு ஒத்துக்கொண்டு, அதை நீதிமன்றத்தில் பதிவு செய்துவிடுவது.

1. ஒப்பந்தத்தை எடுங்கள்

முத்திரைத் தீர்வை கட்டியிருக்கிறதா? கட்டாத ஒப்பந்தத்தை நீதிமன்றத்தில் சான்றாகக் காட்ட முடியாது. 4 ஆண்டு வரையிலான வாடகைக்கு மொத்த வாடகையில் 0.4 விழுக்காடு. மாதம் 2,800 வெள்ளி என்றால் ஒரு வருடத்துக்குச் சுமார் 134 வெள்ளிதான். இதை மிச்சம் பிடிக்கப் பார்க்கிறவர்களை எனக்குப் புரிவதே இல்லை. விட்டுப்போயிருந்தால் அபராதத்தோடு இப்போதாவது கட்டிவிடுங்கள்.

2. எந்தக் கதவைத் தட்டுவது?

பாக்கி, டெபாசிட் போன்ற பணச் சண்டைக்கு ஸ்மால் கிளெய்ம்ஸ் டிரிப்யூனல் (சிறு தொகை வழக்குகளுக்கான நடுவர் மன்றம்) போதும். 2 ஆண்டுக்கு மேற்படாத குடியிருப்பு வாடகை, 20,000 வெள்ளி வரை. இருவரும் சம்மதித்தால் 30,000 வரை. வழக்கறிஞர் கிடையாது, இணையத்திலேயே மனு போடலாம். ஆனால் ஆளைக் காலி செய்ய வைப்பது இங்கே நடக்காது. அதற்கு மாஜிஸ்திரேட் நீதிமன்றம் (60,000 வெள்ளி வரை) அல்லது மாவட்ட நீதிமன்றம் (250,000 வரை). அந்த வேலைக்கு வழக்கறிஞரைப் பார்ப்பது நல்லது.

3. உட்கார்ந்து பேசுங்கள்

வழக்குப் போட்ட பிறகு நீதிமன்றமே சமரசப் பேச்சுக்கு ஏற்பாடு செய்யும். வழக்கே போடாமலும் முடிக்கலாம்: சிங்கப்பூர் சமரச நிலையம் போன்ற அங்கீகரிக்கப்பட்ட அமைப்பின் வழியாகப் பேசி, எழுதிக் கையெழுத்திட்டால், 2017ஆம் ஆண்டின் சமரசச் சட்டப்படி அதை நீதிமன்ற உத்தரவாகப் பதியக் கேட்கலாம். எல்லாத் தரப்பும் சம்மதிக்க வேண்டும். உடன்பாடு ஆன 8 வாரத்துக்குள் மனு போக வேண்டும். நீதிமன்றத்துக்குப் போகும்போது ஆங்கிலம் தடுமாறினால் தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். தலையாட்டிவிட்டு வெளியே வந்து "என்ன சொன்னாங்க?" என்று கேட்பதில் பயனில்லை.

4. வாசகம்தான் எல்லாம்

பலர் கோட்டை விடும் இடம் இது. "மாதக் கடைசியில் காலி செய்வார், பாக்கியை மெல்லக் கொடுப்பார்" என்று எழுதினால் அடுத்த சண்டைக்கு விதை போட்டாயிற்று. இப்படி எழுதுங்கள்:

"30ஆம் தேதி மாலை 5 மணிக்குள் வீட்டை முழுதாகக் காலி செய்து, கதவுச் சாவி 2, கேட் சாவி 2, தபால் பெட்டிச் சாவி 1 ஆகியவற்றை ஒப்படைப்பார். பாக்கி 5,600 வெள்ளியை மாதம் 700 வீதம் 8 தவணையில், ஒவ்வொரு 5ஆம் தேதியும் பேநவ் (PayNow) வங்கிப் பரிமாற்றம் வழியாகச் செலுத்துவார். ஒரு தவணை தவறினாலும் மீதி முழுவதும் உடனே செலுத்த வேண்டியதாகும்."

டெபாசிட் இந்த 5,600க்குள் கழிந்துவிட்டதா, தனியாகத் திரும்புமா என்பதும் அதில் இருக்கட்டும். கடைசி மாத மின்கட்டணம், ஏர்கான் சர்வீஸ் யார் பொறுப்பு? அதுவும். குடியிருப்பவரே, உங்களால் முடியாத தவணைக்கு வெட்கப்பட்டு ஒத்துக்கொள்ளாதீர்கள். 700 முடியாதென்றால் 400 என்று அங்கேயே சொல்லுங்கள், பதிந்த பிறகு மாற்றுவது கஷ்டம்.

5. பதிவும் அதற்கு அப்புறமும்

பதிவானதும் அதற்கு உத்தரவின் பலம் வந்துவிடும். சொன்ன தேதியில் காலி செய்யாவிட்டால் வீட்டுக்காரர் புதிய வழக்குப் போட வேண்டாம். அமலாக்க உத்தரவு வாங்கினால் ஷெரிஃப் (நீதிமன்ற உத்தரவை நிறைவேற்றும் அதிகாரி) வழியாக வீடு கைக்கு வரும். அப்போதும் அவராகவே போய்ப் பூட்டை உடைக்கக் கூடாது.

ஒப்படைக்கும் நாளில் இருவரும் சேர்ந்தே அறை அறையாகப் போங்கள். மீட்டர் எண்ணையும் சுவரையும் படம் எடுத்து, சாவியை எண்ணி, ஒரு தாளில் இருவரும் கையெழுத்திடுங்கள். வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீடென்றால் வாடகை முடிந்ததைக் கழகத்துக்கும் தெரிவித்துவிடுங்கள்.