காண்ட்ராக்ட் பிரிட்ஜில் புள்ளி போடும் முறை

நால்வர் இரண்டு அணிகளாக ஆடும் சீட்டாட்டமான பிரிட்ஜைக் கற்கத் தொடங்குபவர்கள் பெரும்பாலும், எத்தனை பிடி எடுப்போம் என்று கேட்கும் ஏலத்தையும் சீட்டாடும் நுணுக்கங்களையும் முதலில் கற்றுக்கொண்டு, புள்ளிக் கணக்கைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளிவைக்கிறார்கள். இந்த வரிசையை மாற்றிக்கொள்வது நல்லது என்பது என் உறுதியான கருத்து. எந்த உயரம் வரை கேட்பது, எங்கே நிறுத்துவது, எதிரணியை எப்போது டபுள் செய்வது (கேட்டது நிறைவேறாது என்று சவால் விட்டுப் புள்ளியை உயர்த்துவது), தோற்பது உறுதி என்று தெரிந்தும் எப்போது மேலே கேட்பது ஆகிய எல்லா முடிவுகளுக்கும் காரணம் புள்ளிப் பட்டியலுக்குள்ளேயே இருக்கிறது. பட்டியலை அறியாதவர் ஏலம் கேட்பது, விலை தெரியாமல் பொருள் வாங்குவதற்குச் சமம்.

முதலில் மனத்தில் பதியவேண்டிய விதி ஒன்று உண்டு. ஏலத்தில் கேட்ட பிடிகள் (நால்வரும் ஆளுக்கொரு சீட்டு போடும் ஒவ்வொரு சுற்றும் ஒரு பிடி) மட்டுமே கேமுக்கும் (100 புள்ளி எல்லை) ஸ்லாமுக்கும் (12 அல்லது 13 பிடி) உரிய போனஸைப் பெற்றுத் தரும். கேட்காமல் எடுத்த பிடிகளுக்குச் சிறு தொகை கிடைக்குமே தவிர, போனஸ் கிடைக்காது. இதற்கு முன் புழக்கத்தில் இருந்த ஆக்‌ஷன் பிரிட்ஜில், இரண்டு கேட்டுவிட்டு நான்கு எடுத்தால் நான்கும் கேம் கணக்கில் சேர்ந்துவிடும். ஆகவே எதிரணி போட்டிக்கு வராதவரை துணிந்து மேலே கேட்கவேண்டிய தேவையே எழவில்லை. 1925ஆம் ஆண்டு அமெரிக்கரான ஹெரால்டு வாண்டர்பில்ட், பனாமா கால்வாய் வழியாக ஹவானாவுக்குச் சென்ற கப்பல் பயணமொன்றில், தாம் வகுத்த புதிய புள்ளி முறையை உடன் வந்தவர்களோடு ஆடிப் பார்த்தார். கேட்ட பிடிகளே கேமில் சேரும் என்ற விதி பிரான்சில் ஆடப்பட்டுவந்த ஆட்டத்தில் ஏற்கெனவே இருந்தது. அதனுடன், பரிசும் தண்டனையும் கூடும் வல்னரபிள் நிலையையும் ஸ்லாம்களுக்கான பெரிய போனஸையும் அவர் சேர்த்தார். இன்று நாம் ஆடுவது அந்த அமைப்பின் வளர்ச்சியே.

இனி கணக்குக்கு வருவோம். போட்டிகளிலும் கிளப்புகளிலும் பரவலாக ஆடப்படும், ஒரே சீட்டுகளைப் பல மேஜைகளில் ஆடி ஒப்பிடும் டூப்ளிகேட் முறையையே முதலில் கற்பது எளிது; ஏனெனில் அதில் ஒவ்வொரு ஆட்டத்தின் கணக்கும் அந்த ஆட்டத்தோடு முடிந்துவிடும்.

மொத்தம் 13 பிடிகள். ஏலத்தில் இறுதியாக நின்ற கேள்வியே ஒப்பந்தம்; அதை ஆடும் ஒப்பந்தக்காரர் எடுக்கும் முதல் ஆறு பிடிகளுக்குப் புள்ளி இல்லை. ஏழாவது பிடியிலிருந்துதான் எண்ணிக்கை தொடங்குகிறது. ஆகவே ‘நான்கு ஸ்பேட்’ என்று கேட்டவர் பத்துப் பிடிகள் எடுப்பதாக வாக்குக் கொடுத்திருக்கிறார். மைனர் இனங்களான கிளப்பிலும் டைமண்டிலும் பிடி ஒன்றுக்கு 20 புள்ளி. மேஜர் இனங்களான ஹார்ட்டிலும் ஸ்பேடிலும் 30 புள்ளி. துருப்பு இல்லாத நோ டிரம்ப் ஆட்டத்தில் முதல் பிடிக்கு 40, அதன்பின் ஒவ்வொன்றுக்கும் 30 புள்ளி.

கேட்ட பிடிகளின் மதிப்பு 100 புள்ளியை எட்டினால் அந்த ஒப்பந்தம் கேம் ஆகிறது. மூன்று நோ டிரம்ப்பில் 40, 30, 30 சேர்ந்து சரியாக 100; நான்கு மேஜரில் 120; ஐந்து மைனரில் 100. ஒன்பது பிடியில் கேம் கிடைப்பதால் மூன்று நோ டிரம்ப்பை எல்லோரும் நாடுகிறார்கள் என்பதும், பதினொரு பிடி தேவைப்படுவதால் ஐந்து மைனரை வேறு வழி இல்லாதபோதே தேர்ந்தெடுக்கிறார்கள் என்பதும் இந்த எளிய கூட்டலிலிருந்தே விளங்கிவிடும்.

கேமை எட்டாத ஒப்பந்தத்தை (பார்ட் ஸ்கோர்) நிறைவேற்றினால் போனஸ் 50 மட்டுமே. கேமை நிறைவேற்றினால், வல்னரபிள் அல்லாத அணிக்கு 300, வல்னரபிள் அணிக்கு 500. பன்னிரண்டு பிடி கேட்டு எடுக்கும் ஸ்மால் ஸ்லாமுக்கு மேலும் 500 அல்லது 750. பதின்மூன்றையும் கேட்டு எடுக்கும் கிராண்ட் ஸ்லாமுக்கு மேலும் 1000 அல்லது 1500. ஸ்லாம் போனஸ் கேம் போனஸுக்கு மேலாகச் சேர்வது, அதற்குப் பதிலாக வருவதன்று. புதியவர்களின் கணக்கு மிகுதியும் தவறுவது இந்த இடத்தில்தான். வல்னரபிள் நிலையில் ஆறு ஹார்ட் நிறைவேறினால் பிடிகளுக்கு 180, கேமுக்கு 500, ஸ்லாமுக்கு 750 என மொத்தம் 1430 எழுதவேண்டும்.

வல்னரபிள் என்பது, ஓர் ஆட்டத்தின் சீட்டுகளை வைத்திருக்கும் ஒவ்வொரு போர்டிலும் அச்சிடப்பட்டிருக்கும் நிலை. பெரும்பாலும் சிவப்பு நிறம் அதைக் காட்டும். 16 போர்டுகள் கொண்ட ஒரு சுற்றில், எவரும் வல்னரபிள் இல்லாதது, எதிரெதிரே அமரும் வடக்கு-தெற்கு அணி மட்டும், கிழக்கு-மேற்கு அணி மட்டும், இரு அணிகளும் என்ற நான்கு நிலைகளும் நான்கு முறை வரும். அந்த நிலையில் இருக்கும் அணிக்கு வெற்றியின் பரிசும் தோல்வியின் தண்டனையும் கூடுகின்றன. எனவே சீட்டுகளைப் பிரித்துப் பார்க்கும் முன்பே போர்டின் நிறத்தைப் பார்த்துக்கொள்ளும் பழக்கம் வேண்டும்.

கேட்பதன் விலை என்ன என்பதை ஒரே கையை (ஒருமுறை பங்கிட்ட சீட்டுகளை) கொண்டு பார்ப்போம். உங்கள் அணிக்கு ஸ்பேட் துருப்பில் பத்துப் பிடிகள் இருக்கின்றன, அணி வல்னரபிள். நீங்கள் இரண்டு ஸ்பேடில் நிறுத்திவிட்டுப் பத்துப் பிடிகளை எடுத்தால், நான்கு பிடிகளுக்கு 120, பார்ட் ஸ்கோர் போனஸ் 50, ஆகமொத்தம் 170. அடுத்த மேஜையில் அதே சீட்டுகளை வைத்திருந்தவர்கள் நான்கு ஸ்பேட் கேட்டு அதே பத்துப் பிடிகளை எடுத்தால் 120உடன் 500 சேர்ந்து 620. ஆடிய விதத்தில் ஒரு சீட்டுகூட மாறவில்லை. இடையில் நிற்கும் 450 புள்ளியும் ஏலத்தில் கைவிட்டவையே. வல்னரபிள் இல்லாவிட்டால் 170க்கும் 420க்கும் இடையிலான 250 புள்ளி. மாறாக, ஒன்பது பிடிதான் வரும் என்றால், நான்கு கேட்டவர் ஒரு பிடி குறைந்து 100 அல்லது 50 புள்ளி இழப்பார். கீழே நிறுத்தியவர் 140 பெறுவார்.

ஒப்பந்தம் நிறைவேறாதபோது கேட்டவருக்கு எதுவும் இல்லை. குறைந்த ஒவ்வொரு பிடிக்கும் எதிரணி 50 புள்ளியும், கேட்ட அணி வல்னரபிள் என்றால் 100 புள்ளியும் பெறும். எதிரணியின் நிலை இந்தக் கணக்கில் நுழைவதே இல்லை; எப்போதும் ஒப்பந்தம் கேட்ட அணியின் நிறத்தையே பார்க்கவேண்டும்.

டபுள் வந்ததும் எல்லாம் மாறுகிறது. நிறைவேறிய ஒப்பந்தத்தில் கேட்ட பிடிகளின் மதிப்பு இரட்டிப்பாகும். டபுளுக்குப் பதிலாகக் கேட்ட அணி சொல்லும் ரீடபுள் எனில் நான்கு மடங்காகும். அதற்கு மேல், டபுளையும் மீறி நிறைவேற்றியதற்காக 50 புள்ளியும், ரீடபுளில் 100 புள்ளியும் தனியாகக் கிடைக்கும். கேம், ஸ்லாம் போனஸ்கள் இரட்டிப்பாவதில்லை. கூடுதல் பிடி ஒவ்வொன்றுக்கும், எந்த இனமானாலும், டபுளில் 100 அல்லது வல்னரபிள் எனில் 200. ரீடபுளில் அவற்றின் இரு மடங்கு.

இங்கே கவனமாகப் பார்க்கவேண்டிய நுட்பம் ஒன்று இருக்கிறது. இரட்டிப்பான பிடி மதிப்பைக் கொண்டே கேமா இல்லையா என்று தீர்மானிக்கிறோம். இரண்டு டைமண்டுக்கு டபுள் செய்து அது நிறைவேறினால், 80 புள்ளிதான் ஆகிறது; கேம் இல்லை; 50ம் 50ம் சேர்த்து மொத்தம் 180. இரண்டு ஸ்பேடுக்கு டபுள் செய்து அது நிறைவேறினாலோ 60 என்பது 120 ஆகி கேம் எல்லையைத் தாண்டிவிடும். வல்னரபிள் இல்லாத நிலையிலேயே 120, 300, 50 சேர்ந்து 470, வல்னரபிள் எனில் 670. எதிரணி கேட்காத கேமை நாமே அவர்கள் கையில் கொடுத்ததாக முடியும். அனுபவமுள்ளவர்கள் இரண்டு மேஜரை டபுள் செய்யத் தயங்குவதற்கும், இரண்டு மைனரை அவ்வளவு தயக்கமின்றி டபுள் செய்வதற்கும் இதுவே காரணம்.

டபுள் செய்த ஒப்பந்தம் விழுந்தால் தண்டனை படிப்படியாக ஏறுகிறது. வல்னரபிள் இல்லாத அணிக்கு ஒரு பிடி குறைந்தால் 100, இரண்டுக்கு 300, மூன்றுக்கு 500, நான்குக்கு 800. அதன்பின் ஒவ்வொரு பிடிக்கும் 300 கூடும். வல்னரபிள் அணிக்கு 200, 500, 800, 1100 என்று தொடக்கத்திலிருந்தே 300 வீதம் ஏறும். ரீடபுள் எனில் இவை யாவும் இரு மடங்கு. 1987ஆம் ஆண்டின் டூப்ளிகேட் விதிகளுக்கு முன்பு, வல்னரபிள் இல்லாத அணிக்கு நான்காவது பிடியிலிருந்தும் 200 வீதமே ஏறியது. எதிரணிக்கு வல்னரபிள் நிலையில் ஏழு ஸ்பேட் என்றால் 2210 கிடைக்கும். பழைய கணக்கில் பதினொரு பிடி குறைந்து விழுந்தாலும் 2100தான் இழப்பு என்பதால், நல்ல சீட்டே இல்லாமல் மேலே கேட்பது லாபமாக இருந்தது. இன்று அதே வீழ்ச்சிக்கு 2900 கொடுக்கவேண்டும். இது நியாயமான திருத்தம் என்றே நான் கருதுகிறேன். நல்ல ஏலத்தால் எட்டிய கிராண்ட் ஸ்லாமை அவ்வளவு மலிவாகப் பறிக்க விடக்கூடாது.

தெரிந்தே தோற்கும் இந்த உத்திக்குத் தியாக ஏலம் என்று பெயர் சொல்லலாம். எதிரணி வல்னரபிள், நீங்கள் இல்லை. அவர்களின் நான்கு ஸ்பேட் நிறைவேறும், 620 பெறுவார்கள். நீங்கள் ஐந்து டைமண்ட் கேட்டு டபுளில் மூன்று பிடி குறைந்தால் 500தான் இழப்பு, 120 மிச்சம். இரு அணிகளும் வல்னரபிள் எனில் இரண்டு பிடி குறைவதோடு நிற்கவேண்டும், மூன்றானால் 800. நீங்கள் வல்னரபிள், அவர்கள் இல்லை என்றால் 420க்கு எதிராக இரண்டு பிடிக்கே 500 போய்விடும். ஒரு பிடிக்கு மேல் இடமே இல்லை.

இவ்வாறு வந்த புள்ளியை எழுதுவதோடு டூப்ளிகேட் கணக்கு முடிவதில்லை. அதே சீட்டுகளை ஆடிய மற்றவர்களின் புள்ளியோடு அதை ஒப்பிடவேண்டும். மேட்ச் பாயின்ட் முறையில், உங்களைவிடக் குறைவாகப் பெற்ற ஒவ்வொரு ஜோடிக்கும் ஒரு புள்ளி, சமமாகப் பெற்ற ஒவ்வொரு ஜோடிக்கும் அரைப் புள்ளி. எவ்வளவு வித்தியாசத்தில் முந்தினீர்கள் என்பது கணக்கில் வராது. எனவே மூன்று நோ டிரம்ப்பில் ஒரு கூடுதல் பிடியுடன் 430 எடுத்தவர், நான்கு ஸ்பேடில் 420 எடுத்த அனைவரையும் முழுமையாக வென்றுவிடுகிறார். பார்ட் ஸ்கோர் போட்டியில் வல்னரபிள் அணி டபுளில் ஒரு பிடி குறைந்து 200 இழப்பதும் இங்கே பெரும் சேதம்; எதிரணியை ஆடவிட்டிருந்தால் 110 அல்லது 140தான் போயிருக்கும்.

ஒரே சீட்டுகளை இரு மேஜைகளில் ஆடும் அணிகளுக்கிடையிலான போட்டிகளில் ஐஎம்பி (இன்டர்நேஷனல் மேட்ச் பாயின்ட்) முறை பயன்படுகிறது. இரு மேஜைகளின் வித்தியாசத்தை ஓர் அட்டவணை சுருக்குகிறது: 10 புள்ளி வித்தியாசத்துக்கு ஒன்றுமில்லை, 20 முதல் 40 வரை 1, 170 முதல் 210 வரை 5, 220 முதல் 260 வரை 6, 430 முதல் 490 வரை 10, 750 முதல் 890 வரை 13, 4000க்கு மேல் எவ்வளவானாலும் 24. முன்பு பார்த்த ஸ்பேட் கையை இதில் வைத்துப் பாருங்கள். வல்னரபிள் கேமை கேட்டு வென்றால் 450 வித்தியாசம், 10 ஐஎம்பி லாபம். கேட்டுத் தோற்றால் 240 வித்தியாசம், 6 ஐஎம்பி நட்டம். ஆகவே நூற்றுக்கு 38 முறை வெற்றி வரும் என்றாலே கேட்பது தகும். வல்னரபிள் இல்லாதபோது லாபம் 6, நட்டம் 5. 46 முறையாவது வெற்றி வரவேண்டும். ஸ்மால் ஸ்லாமில் லாபமும் நட்டமும் சரிசமம். பாதி வாய்ப்பு போதும். வல்னரபிள் கேமைத் துணிந்து கேளுங்கள் என்று மூத்த ஆட்டக்காரர்கள் வற்புறுத்துவதன் அடிப்படை இந்த எண்கள்தான்.

எழுதும் வேலையை ஒவ்வொரு முறையும் ஒரே வரிசையில் செய்யுங்கள்: ஒப்பந்தம், டபுள் உண்டா, கேட்டவர் யார், அவர் அணியின் நிறம், எடுத்த பிடிகள், பிறகே புள்ளி. பேசாமல் ஏலம் கேட்கப் பயன்படும் பல பிட்டிங் பாக்ஸ் சீட்டுகளின் பின்புறத்தில் அந்த ஒப்பந்தத்துக்குரிய புள்ளிகள் அச்சிடப்பட்டிருக்கும். ஐயம் வந்தால் திருப்பிப் பார்த்துக்கொள்ளலாம். எதிரணியும் எண்ணைச் சரிபார்த்து ஒப்புக்கொள்ளவேண்டும். தவறு பதிவாகியிருந்தால், வேறு நேரம் அறிவிக்கப்படாதவரை, முடிவுகள் பார்வைக்கு வைக்கப்பட்டதிலிருந்து 30 நிமிடத்துக்குள் திருத்தக் கோரவேண்டும்.

நால்வர் மட்டும் அமர்ந்து ஆடும் ரப்பர் பிரிட்ஜில் பிடிகளின் மதிப்பும் தண்டனைகளும் இவையே. மாறுவது ஏட்டின் அமைப்பு. தாளின் நடுவே ஒரு கோடு கிழித்து, கேட்டு எடுத்த பிடிகளின் புள்ளியைக் கோட்டுக்குக் கீழும், கூடுதல் பிடிகள், தண்டனைகள், போனஸ்கள் அனைத்தையும் மேலும் எழுதவேண்டும். கீழே 100 சேர்ந்தால் ஒரு கேம். முதலில் இரண்டு ஹார்ட் எடுத்து 60, அடுத்து ஒரு நோ டிரம்ப் எடுத்து 40 என்று துண்டுதுண்டாகவும் கேமை எட்டலாம். ஆனால் இடையில் எதிரணி கேம் அடித்துவிட்டால் புதுக்கோடு விழுந்து உங்கள் 60 அடுத்த கேமுக்கு உதவாமல் போகும், மொத்தக் கூட்டலில் மட்டும் சேரும். ஒரு கேம் வென்ற அணி அதிலிருந்து வல்னரபிள். இரண்டு கேமை முதலில் வென்று ரப்பரை முடித்த அணிக்கு, எதிரணி ஒன்றும் வெல்லாதிருந்தால் 700, ஒன்று வென்றிருந்தால் 500. துருப்பின் ஐந்து பெரிய சீட்டுகளில் நான்கு ஒரே கையில் இருந்தால் 100, ஐந்தும் இருந்தால் 150. நோ டிரம்ப்பில் நான்கு ஏஸும் ஒரே கையில் இருந்தாலும் 150. ரப்பரை முடிக்காமல் எழ நேர்ந்தால், ஒரே ஒரு கேம் மட்டும் முடிந்திருக்கும் நிலையில் அதை வென்றவர்களுக்கு 300ம், முடியாத கேமில் ஓர் அணிக்கு மட்டும் பார்ட் ஸ்கோர் இருந்தால் அதற்கு 100ம் சேர்த்துக் கூட்டவேண்டும்.